இந்தா வாறாங்க

பஞ்சை நனைத்து வாப்பாவின் உதட்டில் வைத்துக்கொண்டிருந்தபோது, பின்வாசல் பக்கம் கார் வந்து நிற்கும் சத்தம் றிப்னாவுக்குக் கேட்டது. கொழும்புக் கம்பனியின் மிஸ் வந்துவிட்டார். வரவேண்டிய நாட்களையெல்லாம் மழை, மண்சரிவு, பாதை மூடல் என்று தள்ளிப்போட்டுவிட்டு, வரவே கூடாத இந்த நாளைப் பார்த்து வந்திருந்தார்.

கட்டிலின் மறுபக்கம் இருந்த உம்மா எழுந்தாள். றம்லா என்றால் பலாபத்வலயில் பாதிப் பேருக்குத் தெரியும்; பொலோஸ் றம்லா என்றால் மீதிப் பேருக்கும் தெரியும். பொலோஸ் என்கிற பிஞ்சுப் பலாக்காயை வெட்டி, அவித்து, ட்ரையரில் காயவைத்துக் கொழும்புக் கம்பனிக்கு அனுப்புகிற கொட்டில் அவளுடையது. மரத்தடியில் விழுந்து காட்டுப்பன்றிக்குப் போய்க்கொண்டிருந்த காய்க்கு அந்தப் பக்கத்தில் முதலில் விலை வைத்தவள் அவள்தான். வீட்டுக்குப் பின்னால் தகரம் போட்டு நிற்கும் அந்தக் கொட்டிலை நம்பிப் பத்துப் பன்னிரண்டு வீடுகளில் அடுப்பு எரிந்தது.

"மூச்சு ஒரு மாதிரி இருக்கு உம்மா. இன்னைக்குப் போகாம இருந்தா என்ன?"

றம்லா கணவனின் நெஞ்சில் கைவைத்துப் பார்த்தாள். காலையிலிருந்து அது ஏறுவதும் நிற்பதுமாக இருந்தது. இனிச் செய்ய ஒன்றுமில்லை, வீட்டோடு வைத்துப் பாருங்கள் என்று ஆஸ்பத்திரியில் சொல்லி ஒரு கிழமை ஆகிறது.

"நான் போகாட்டி கொட்டில யாரு காட்டுறது? சாச்சாதான் காட்டுவாரு," என்றாள். "ஏதும்னா கூப்புடு. ஓடி வாறேன்."

சாச்சா, அதாவது வாப்பாவின் ஒரே தம்பி நளீம், முன் ஹோலில் யாஸீன் ஓதிக்கொண்டிருந்தார். மாத்தளை டவுனில் மிளகு வியாபாரம். அண்ணனை நானா என்றுதான் கூப்பிடுவார். அவரைக் கெட்ட மனிதர் என்று யாரும் வாய்கூசாமல் சொல்லமுடியாது. ஆஸ்பத்திரியிலிருந்து வாப்பாவைக் கொண்டுவர வேன் பிடித்தவர் அவர். இத்தனை நாளும் வியாபாரத்தைப் போட்டுவிட்டு வந்து காவலிருந்தவரும் அவர்தான். ஆனால் போன கிழமை அவர் உம்மாவிடம் பேசியதை றிப்னா குசினிக்குள் நின்று கேட்டிருந்தாள்.

"மதினி, அல்லாஹ் காப்பாத்தணும், நானாக்கு ஏதும் ஆச்சின்னா நீங்க இத்தா இருக்கணும். நாலு மாசம் பத்து நாள் வீட்டோட. கம்பனிக்காரங்க, லொறிக்காரன் இவங்களோடயெல்லாம் நீங்க எப்படி கதைக்கிறது? கம்பனி ஓடர என் பேருக்கு மாத்துவோம். நான் பாத்துக்கிறேன்."

"தேவைன்னா வெளிய வாசலுக்குப் போக மார்க்கத்துல எடம் இருக்கு தம்பி. மௌலவிக்கிட்டயே கேட்டேன்."

"இருக்குதான். நான் இருக்கும்போது உங்களுக்கு என்ன தேவை?"

அன்பு இப்படி வந்து குறுக்கே நின்றால், சண்டைக்கு வந்தவனைத் தள்ளுவதைவிட அதைத் தள்ளுவது கஷ்டம். ஆண்பிள்ளை இல்லாத வீடு. காணியில் சாச்சாவுக்கும் பங்கு வரும். கொட்டிலை மிளகு ஸ்டோர் ஆக்கலாம், பொம்பளைகள் நாலு பேர் போதும் என்று அவர் யாரிடமோ சொன்னதை, கொட்டிலில் வேலை செய்யும் மரிய கொறற்றி கேட்டு வந்து சொல்லியிருந்தாள். இன்றைக்கு மிஸ் சுற்றிப்பார்த்து, கேள்வி கேட்டு, இதை நடத்துகிறவர் இவர்தான் என்று யாரிடம் கையெழுத்து வாங்குகிறாரோ அவருக்குத்தான் வருஷம் முழுக்க ஓடர். கையெழுத்து உம்மாவுடையது என்று ஆகிவிட்டால் போதும், இத்தாவில் இருந்தபடியே ஜன்னலால் பேசி அவள் கொட்டிலை ஓட்டிவிடுவாள்.

உம்மா போனதும் அறை பெரிதாகத் தெரிந்தது. றிப்னா வாப்பாவின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். வாப்பா யாகூப், டவுனில் புடவைக்கடை வைத்திருந்தவர். கடை படுத்த பிறகு இந்த வீட்டில் வெந்ததெல்லாம் பலாக்காய்க் காசில் வந்த சோறுதான். றிப்னா படித்து இன்று பாலர் பாடசாலையில் ரீச்சராக இருப்பதும் அந்தக் காசில்தான். அதை அவர் ஒருநாளும் வாயால் ஒப்புக்கொண்டதில்லை. யாரும் கேட்டால், "பொழுது போகாம ஏதோ வெட்டுறாங்க" என்பார். சொன்ன கையோடு ஓட்டோவை எடுத்துக்கொண்டு லக்கல வரைக்கும் போய்க் காய் ஏற்றி வருவார். அவர்மேல் றிப்னாவுக்குக் கோபமும் இருந்தது, உயிரும் இருந்தது. எது கூட என்று நிறுத்துப் பார்க்க இது நேரமில்லை.

வாப்பா கண்ணைத் திறந்தார்.

"உம்மா எங்க?"

நேற்றிலிருந்து பேசாத மனிதர். குரல் தெளிவாக வந்ததுதான் அவளைப் பயமுறுத்தியது.

"இந்தா வாறாங்க வாப்பா."

எழுந்து பின்வாசலுக்கு ஓடினாள். கொட்டிலின் பெரிய கதவு அகலத் திறந்திருந்தது. பெண்கள் வரிசையாகத் தொப்பி போட்டு நின்றார்கள். உம்மா ட்ரையரின் தட்டு ஒன்றை இழுத்துப் பிடித்தபடி சிங்களத்தில் விளக்கிக்கொண்டிருந்தாள். மிஸ் ஏதோ கேட்டார். உம்மா சட்டென்று பதில் சொன்னாள். மிஸ் தலையாட்டிவிட்டு அடுத்ததைக் கேட்டார். அப்படி நிமிர்ந்து நிற்கிற உம்மாவை வீட்டுக்குள் றிப்னா பார்த்ததே இல்லை.

உம்மா என்று ஒரு குரல் கொடுத்தால் போதும். தட்டைப் போட்டது போட்டபடி ஓடி வருவாள், அதில் சந்தேகமே இல்லை. அவள் வந்த வழியால் சாச்சா போவார். கண்ணைத் துடைத்துக்கொண்டு, வீட்டில் இப்படியாகிவிட்டது மிஸ், இனி என்னோடு பேசுங்கள் என்பார். அவரைக் குறை சொல்லவும் முடியாது.

வாசற்படியில் நின்ற றிப்னாவை மரிய கொறற்றி கண்டுவிட்டாள். என்ன என்று தாடையை உயர்த்திக் கேட்டாள். ஒன்றுமில்லை என்று தலையை ஆட்டினாள். ஆட்டியபின் அதைத் திருப்பி எடுக்க முடியவில்லை.

உள்ளே வந்தபோது வாப்பா வாசலைப் பார்த்தபடி இருந்தார்.

"வாறாங்களா?"

"இந்தா வாறாங்க."

அவர் காதருகே குனிந்து கலிமா சொல்லத் தொடங்கினாள். அவர் உதடு அசைந்தது. அது கலிமாவா, உம்மாவின் பெயரா என்று அவளுக்கு விளங்கவில்லை. கண் வாசலிலேயே இருந்தது. நெஞ்சு ஒருமுறை உயர்ந்து தாழ்ந்தது. மறுபடி உயரும் என்று பார்த்திருந்தாள்.

பிறகு சத்தமில்லாமல் இன்னாலில்லாஹி சொல்லி அவர் இமைகளை மூடினாள். வாய் திறந்திருந்தது. உடனே தாடையைச் சேர்த்துக் கட்டவேண்டும், கட்டினால் சாச்சாவுக்குப் பார்த்த கணத்தில் தெரிந்துவிடும். அவள் கட்டிலோரத்தில் உட்கார்ந்து, கன்னத்தைத் தடவிக்கொடுப்பவள்போல, உள்ளங்கையை வாப்பாவின் தாடைக்கு அடியில் கொடுத்துப் பிடித்துக்கொண்டாள்.

ஹோலில் யாஸீன் நின்றது. திரைச்சீலைக்கு அப்பால் சாச்சாவின் கால்கள் தெரிந்தன.

"எப்படிம்மா இருக்கு?"

"இப்பதான் கண்ணசந்தாங்க சாச்சா."

"கதைச்ச மாதிரி கேட்டிச்சி?"

"ஓ... கதைச்சாங்க."

"அல்ஹம்துலில்லாஹ்." அவர் குரல் உடைந்தது. திரைச்சீலையை விலக்கக் கையைக் கொண்டுவந்தார். "நான் கொஞ்சம் பக்கத்துல இருக்கேன். இல்லாட்டி அந்த மிஸ்ஸ ஒரு வார்த்த கண்டுட்டு வரவா? மதினி தனியா நிக்கிறாங்க."

அவர் உள்ளே வரவும் கூடாது, வெளியே போகவும் கூடாது. றிப்னா யோசித்துச் சொன்னாளா, வாயில் வந்ததா என்று பின்னால் எவ்வளவு நினைத்தும் அவளுக்குத் தெரியவில்லை.

"வாப்பா ஸம்ஸம் தண்ணி கேட்டாங்க சாச்சா."

சாச்சாவின் கை அப்படியே நின்றது. "நானாவா? வாயத் தொறந்து கேட்டாங்களா?"

"ஓ."

"என் வீட்டுல இருக்கு. உம்ராவுக்கு மக்கா போனப்ப கொண்டாந்தது. இந்தா வாறேன்."

பைக் சாவியைத் தேடக்கூட அவர் நிற்கவில்லை. சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு, கடைத்தெருவுக்கு அப்பால் இருக்கும் தன் வீட்டைப் பார்த்து, அந்த வயதில் அந்த உடம்போடு ஓட்டமும் நடையுமாகப் போனதை அவள் ஜன்னலால் பார்த்தாள். தன்மேலேயே அவளுக்கு அருவருப்பாக இருந்தது. என்றாலும் கையை எடுக்கவில்லை. கை மரத்துப்போயிற்று. கொட்டில் பக்கமிருந்து வரும் குரல்களைக் கேட்டுக்கொண்டே இருந்தாள். ஒரு தடவை எல்லாப் பெண்களும் சேர்ந்து சிரித்தது கேட்டது.

பின்வாசலால் உம்மா விறுவிறுவென்று வந்தாள்.

"குடுத்துட்டாங்க றிப்னா," என்றாள் மெதுவாக. "என் பேருக்குத்தான். நானே சைன் வெச்சேன்."

அவள் முகம் பூரித்திருந்தது. பிறகு மகளின் கை இருந்த இடத்தைப் பார்த்தாள். பூரிப்பு அப்படியே நின்றுபோயிற்று.

"எப்ப?"

"கொஞ்ச நேரம்."

"என்னத் தேடினாங்களா?"

இல்லை என்று சொல்லியிருக்கலாம். இவ்வளவு பொய்க்குப் பிறகு இன்னொன்று பெரிய பாரமாக இருந்திருக்காது. ஆனால் உம்மாவின் முகத்தைப் பார்த்து அது வரவில்லை.

"ரெண்டு தரம்."

"நீ என்ன சொன்ன?"

"இந்தா வாறாங்கன்னு."

உம்மா அடிக்கவில்லை, அணைக்கவுமில்லை. கட்டிலருகே வந்து, மகளின் கையை விலக்கிவிட்டு, அந்த இடத்தில் தன் கையை வைத்தாள்.

"வந்துட்டேன்," என்று அவரிடம் சொன்னாள்.

வெளியே கார் உயிர்பெற்றது. முன்னும் பின்னும் போய்த் திரும்பி, ஒழுங்கையால் மெல்ல ஏறி, பெரிய ரோட்டில் சேர்ந்து சத்தம் மறையும்வரை உம்மா கையை அங்கேயே வைத்திருந்தாள். பிறகு உம்மா தன் சால்வையின் ஓரத்தைக் கிழித்து வாப்பாவின் தாடையைக் கட்டினாள்.

"இப்ப சாச்சாவக் கூப்புடு."

"சாச்சா இல்ல. ஸம்ஸம் எடுக்க அனுப்பினேன். வாப்பா கேட்டாங்கன்னு சொன்னேன்."

"கேட்டாங்களா?"

றிப்னா தலையைக் குனிந்துகொண்டாள். உம்மா அவளைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். பிறகுதான் அழத் தொடங்கினாள், சத்தமில்லாமல்.

முன்கேற் திறந்தது. செருப்பைக் கழற்றவும் மறந்து சாச்சா நேரே உள்ளே வந்தார். சேர்ட் நனைந்து முதுகோடு ஒட்டியிருந்தது. போத்தலை நெஞ்சோடு அணைத்திருந்தார். கட்டிய தாடையைக் கண்டதும் திரைச்சீலையைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"எப்ப மதினி?"

றிப்னா வாயெடுத்தாள்.

"இப்பதான் தம்பி," என்றாள் உம்மா.

சாச்சா நிலத்தில் உட்கார்ந்துவிட்டார். "வழியில கடைத்தெரு ஹஸீப் நிப்பாட்டி நானாவ விசாரிச்சாரு. நின்னு கதைச்சேன்," என்றார். "நானா தண்ணி கேட்டாங்கன்னு சந்தோஷத்துல அதையும் நின்னு சொன்னேன். நிக்காம வந்திருந்தா அவங்கட தொண்ட நனைஞ்சிருக்கும். என்னாலதான்."

அவர் முகத்தைத் துடைத்துக்கொண்டு போத்தலை மேலே நீட்டினார். றிப்னா வாங்கிக்கொண்டாள். மூடி இன்னும் திறக்கப்படாமல் இருந்தது. அதை எங்கே வைப்பதென்று தெரியாமல் அவள் இரண்டு கையாலும் பிடித்தபடி நின்றாள்.