பதினாலாம் நம்பர்

டாக்டர் அனில் படிவத்தை மேஜை மேல் ஆதிராவின் பக்கமாகத் திருப்பி வைத்தார். கையெழுத்துப் போட வேண்டிய இடத்தைப் பேனா நுனியால் தொட்டுக் காட்டினார்.

"அம்மாவுக்கு நெஞ்சில் சளி கூடிட்டே போகுது டீச்சர். இன்னைக்கோ நாளைக்கோ மூச்சு முட்டும். அப்போ மெஷினில் போடணுமா, வேண்டாமான்னு இப்பவே தீர்மானிக்கணும். பன்னிரண்டு மணிக்குள்ள சொன்னா மதி, போதும்."

"உங்க அம்மாவா இருந்தா நீங்க என்ன செய்வீங்க, டாக்டர்?"

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டார்.

"வேண்டாம்னு எழுதுவேன். ஸ்ட்ரோக் வந்து முப்பத்தெட்டு நாள் ஆச்சு. கண்ணைத் திறக்குறாங்க, மூடுறாங்க. அவ்வளவுதான். விரலை அசைங்கன்னு சொன்னா அசைக்கல, என்னைப் பாருங்கன்னா பார்க்கல. வெஜிடேட்டிவ் ஸ்டேட். உள்ளே ஆள் இல்லை டீச்சர்."

ஆதிரா படிவத்தை மடித்துக் கைப்பையில் வைத்துக்கொண்டு வெளியே வந்தாள்.

வெஜிடேட்டிவ், அதாவது செடிபோல என்ற அந்த ஆங்கில வார்த்தை எங்கிருந்து வந்தது என்று அவளுக்கு நன்றாகவே தெரியும். திருவனந்தபுரத்தில் ஒரு கல்லூரியில் பதினாறு வருஷமாகத் தத்துவம் நடத்துகிறவள். உயிரைப் பற்றியும் மனத்தைப் பற்றியும் அந்தக் காலத்து ஆட்கள் என்னவெல்லாம் சொன்னார்கள் என்பதுதான் அவளுடைய பாடம். செடியின் உயிர் உண்ணும், வளரும். விலங்கின் உயிர் அதோடு உணரும், நகரும். மனித உயிர் மட்டும்தான் நினைக்கும். கிரேக்கர்கள் அப்படி மூன்றாகப் பிரித்தார்கள். இரண்டாயிரத்து முந்நூறு வருஷத்துக்கு முன் செடிக்கென்று ஒதுக்கிய அந்தப் படியில் இன்று மாடம்மாளைக் கொண்டுவந்து உட்கார வைத்துவிட்டார்கள்.

மாடம்மாள் அவளுடைய அம்மா. போனக்காடு எஸ்டேட்டில் முப்பத்தோரு வருஷம் கொழுந்து கிள்ளியவள்.

தாழ்வாரத்து நாற்காலியில் ஷிஜு உட்கார்ந்திருந்தான். ஆதிராவின் அண்ணன், விதுரையில் ஆட்டோ ஓட்டுகிறான். காலையில் முதல் பஸ்ஸில் வந்தவன் இன்னும் ஒரு சாயா கூடக் குடிக்கவில்லை.

"என்ன சொன்னாரு?"

சொன்னாள்.

"வேண்டாம்னு ஒப்பு வெச்சிட்டியா?"

"இல்ல."

"வைப்ப, இல்ல?"

"நீ சொல்லு அண்ணா. உனக்கும் அம்மைதானே."

"நான் ஆட்டோக்காரன். நீதான் உயிரு எங்கே இருக்குன்னு கிளாஸ் எடுக்குறவ. அன்னைக்கு வீட்டில ஒரு கதை சொன்னியே, வானத்தில மிதக்குற மனுஷன். அவன் கிட்டக் கேளு."

குத்திக் காட்டத்தான் சொன்னான். ஆனால் அவளும் முப்பத்தெட்டு நாளாக அந்த மனிதனைத்தான் நினைத்துக்கொண்டிருந்தாள். ஆயிரம் வருஷத்துக்கு முன் ஒரு பாரசீக வைத்தியர் கற்பனை செய்த ஆள் அவன். ஒருவனைக் காற்றில் மிதக்க விடுங்கள். கண் தெரியாது, காது கேட்காது, தன் கை தன் காலைத் தொடாது. அப்போதும் 'நான் இருக்கிறேன்' என்பது அவனுக்குத் தெரியுமா? தெரியும் என்றார் அந்த வைத்தியர். உயிர் தன்னை அறிய யாருடைய தயவும் வேண்டாம். ஒவ்வொரு வருஷமும் ஆதிரா ஜூன் மாத மழையில் ஜன்னல்களைச் சாத்திவிட்டு, பிள்ளைகளைக் கண்ணை மூடச் சொல்லி இந்தப் பாடத்தை ஆரம்பிப்பாள். வகுப்பே மூச்சு விடாமல் கேட்கும்.

அதே பாடத்திட்டத்தில் நம் பக்கத்துச் சைவர்கள் சொன்னதும் நாலு பக்கம் உண்டு. உயிர் தானாக எதையும் அறியாது, யாராவது அறிவித்தால்தான் அறியும் என்பார்கள் அவர்கள். அந்த நாலு பக்கத்தை அவள் பெரும்பாலும் நோட்ஸாகக் கொடுத்துவிட்டுப் போய்விடுவாள். அதைச் சொன்னால் தமிழ் வந்துவிடும். தமிழ் வந்தால் எஸ்டேட் லயம், கூலிக்காரர்களின் அந்த வரிசை வீடு, வந்துவிடும். கல்லூரியில் யாருக்கும் அவள் எந்த ஊர்க்காரி என்று சரியாகத் தெரியாது. நகரத்தில் பட்டம் பகுதியில் வீடு வாங்கி அம்மாவைக் கூட்டி வந்த அன்றே, "இங்க ஆளுங்க முன்னாடி மலையாளம் மதி அம்மா" என்று சொல்லியிருந்தாள். மாடம்மாள் தலையை ஆட்டினாள். அன்று முதல் விருந்தாளி வந்தால் வாயே திறக்கமாட்டாள்.

பதினொன்றரைக்குப் பார்வையாளர் நேரம். இரண்டு பேரும் செருப்பைக் கழற்றிவிட்டு, பச்சை அங்கியைப் போர்த்திக்கொண்டு தீவிர சிகிச்சைப் பிரிவுக்குள் போனார்கள். ஆறாவது கட்டிலில் மாடம்மாள். மூக்கில் ஒரு குழாய், ஆக்சிஜனுக்கு இன்னொன்று. வலது பக்கம் முழுக்க விழுந்துவிட்டது. கண்கள் திறந்துதான் இருந்தன. எதிர்ச் சுவரில் எதையோ பார்ப்பதுபோல இருக்கும். கையை ஆட்டினால் இமைகூடத் தட்டாது.

"அம்மா," என்றாள் ஆதிரா காதருகே. "அம்மா, நான் ஆதிரா. அண்ணன் வந்திருக்கு."

ஒன்றும் இல்லை. முப்பத்தெட்டு நாளாக அப்படித்தான்.

ஷிஜு கட்டிலின் கால் பக்கம் நின்று அம்மாவின் பாதத்தைப் பிடித்துக்கொண்டிருந்தான். அப்போது நர்ஸ் ஜினி கதவைத் திறந்து தலையை வெளியே நீட்டி, தாழ்வாரம் முழுக்கக் கேட்கும்படி குரல் கொடுத்தாள்.

"பதினாலு! பதினாலின் பைஸ்டாண்டர் உண்டோ?"

பதினாலாம் கட்டில்காரருக்குத் துணைக்கு நிற்கும் ஆள் மருந்து வாங்கிவர வேண்டும். அவ்வளவுதான். ஆனால் ஷிஜு பாதத்தை விட்டுவிட்டு நிமிர்ந்தான்.

"எடியே. கையைப் பாரு."

மாடம்மாளின் இடது கை போர்வையை விட்டு ஒரு சாண் உயரத்துக்கு மேலே வந்திருந்தது. முழங்கையை மெத்தையில் ஊன்றி, விரல்களைச் சேர்த்து நிமிர்த்தி, அப்படியே நின்றது.

ஆதிராவுக்கு முதலில் புரியவில்லை. பிறகு புரிந்தது.

எஸ்டேட்டில் காலையில் மஸ்டர், அதாவது ஆள் கணக்கு, எடுப்பார்கள். விடியும் முன்னே பனிக்குள் பெண்கள் வரிசையாக நிற்க வேண்டும். பெயர் சொல்லிக் கூப்பிட மாட்டார்கள், சம்பளப் பதிவேட்டில் உள்ள செக்ரோல் நம்பர்தான். நம்பர் விழுந்தால் கை உயர வேண்டும். "பேர் போட்டாச்சு" என்று கங்காணி சொல்லும்வரை இறக்கக் கூடாது. முன்னாலேயே இறக்கினால் அன்றைக்கு அரைப் பேர், அரைச் சம்பளம்.

மாடம்மாள் பதினாலு.

ஷிஜு ஓடிப்போய் டாக்டரைக் கூட்டி வந்தான். அவர் வருவதற்குள் கை களைத்து விழுந்துவிட்டது. அனில் பொறுமையாகக் கேட்டார். பிறகு சொன்னார், "கை தானா எழும்பும், அது சகஜம். வெறும் ரிஃப்ளெக்ஸ். சரி, இன்னொரு தடவை கூப்பிடுங்க, பார்ப்போம்."

ஷிஜு குனிந்து, "பதினாலு," என்றான். "அம்மா... பதினாலு."

கை அசையவில்லை.

"இவ்வளவு மெல்லச் சொன்னா யாருக்குக் கேட்கும்?" என்றாள் ஜினி.

"எனக்கு அந்தக் குரல் வராது," என்று ஷிஜு தங்கையைப் பார்த்தான். "திரவியம் கங்காணி குரல் வேணும். அது உனக்குத்தான் வரும்."

"அண்ணா, வேண்டாம்."

"லயத்தில எல்லாரையும் சிரிக்க வெப்பியே. செய்."

ஒன்பது வயதில் அவள் அதைச் செய்து காட்டுவாள். இடுப்பில் கை வைத்து, வெற்றிலை அடக்கிய வாய்போலக் கன்னத்தை உப்பிக்கொண்டு, நம்பர் நம்பராகக் கத்துவாள். பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் உருண்டு சிரிக்கும். ஒரு சாயங்காலம் மாடம்மாள் கூடையோடு வந்து வாசலில் நின்றதைக் கவனிக்காமல் கத்திவிட்டாள். பதினாலு என்றதும் அம்மாவின் கை தானாக மேலே போயிற்று. பிள்ளைகள் இன்னும் பலமாகச் சிரித்தன. அன்றைக்கு வாங்கிய அறைதான் அம்மாவிடம் அவள் வாங்கிய ஒரே அறை. எதற்கு என்று அந்த வயதில் விளங்கவில்லை.

டாக்டரும் இரண்டு நர்ஸ்களும் பார்த்துக்கொண்டு நின்றார்கள். சுவர்க் கடிகாரத்தில் மணி பன்னிரண்டுக்குப் பத்து நிமிஷம். ஆதிரா கட்டிலை விட்டு நாலடி பின்னால் போனாள். கங்காணி வரிசைக்குப் பக்கத்தில் வரமாட்டான்.

"ஏலே, பதினொண்ணு!"

அவளுடைய குரல் அவளுக்கே கூசியது. கை அசையவில்லை.

"பன்னெண்டு! பதிமூணு, எங்க போய்த் தொலஞ்சா?"

கை அசையவில்லை. ஜினி வாயைப் பொத்திக்கொண்டாள்.

"பதினாலு!"

இடது கை எழுந்தது. அவசரமில்லாமல், ஒரே சீராக, விரல்கள் சேர்ந்து. அனில் கட்டிலுக்கு மறுபக்கம் வந்து குனிந்து பார்த்தார். கை விழும்வரை காத்திருந்து, நம்பர்களை முன்னும் பின்னுமாக மாற்றிச் சொல்லச் சொன்னார். ஆதிரா சொன்னாள். இருபதுக்கு அசையாத கை, நாலுக்கும் அசையாத கை, பதினாலுக்கு மட்டும் மறுபடி எழுந்தது.

"இது ரிஃப்ளெக்ஸ் இல்லை," என்றார் அவர். குரலே மாறியிருந்தது. "கேட்குறாங்க, பிரிச்சு அறியுறாங்க. டீச்சர், அந்தப் படிவத்தில் வேண்டாம்னு எழுத வேண்டாம். உள்ளே ஆள் இருக்கு."

ஷிஜு கட்டில் கம்பியில் நெற்றியை வைத்து அழுதான். ஆதிராவுக்கு அழுகை வரவில்லை. அம்மா என்று எத்தனை ஆயிரம் தடவை கூப்பிட்டிருப்பாள். அதற்கு எழாத கை இதற்கு எழுகிறது. நாய்கூடத் தன் பெயருக்குக் காதை நிமிர்த்தும். எழுந்தது எந்த உயிர்? மூன்றில் எது? மிதக்கும் மனிதனுக்கு 'நான்' என்பது தெரியும் என்றார் அந்த வைத்தியர். அந்த 'நான்' ஒரு செக்ரோல் நம்பராக இருக்கலாம் என்று அவர் யோசித்திருக்க மாட்டார்.

கை இன்னும் இறங்கவில்லை. மணிக்கட்டு நடுங்கத் தொடங்கியிருந்தது.

"பேர் போட்டாச்சுன்னு சொல்லு," என்றான் ஷிஜு, தலையை நிமிர்த்தாமல்.

ஆதிரா பக்கத்தில் வந்தாள். திரவியத்தின் குரலில் சொல்ல நினைத்தாள், முடியவில்லை. தன் குரலில், தமிழில் சொன்னாள்.

"பேர் போட்டாச்சும்மா."

கை நடுங்கியபடியே நின்றது. அவள் கண்ணை மூடிக்கொண்டு, கன்னத்தை உப்பிக்கொண்டு, மறுபடி சொன்னாள்.

"பேர் போட்டாச்சு. போ."

கை மெல்ல இறங்கிப் போர்வையில் படுத்தது.

ஜினி ஏதோ சொல்ல வாயெடுத்து, டாக்டரைப் பார்த்துத் தயங்கினாள்.

"என்ன ஜினி?" என்றாள் ஆதிரா.

"டீச்சரே, இந்தக் கை இடைக்கிடை பொங்கி மேலே வரும். ரொம்ப நேரம் அப்படியே நிக்கும். ஃபிட்ஸ்னு நினைச்சு நாங்கதான் பிடிச்சுத் தாழ்த்தி வைப்போம். போன வாரம் டியூபைப் பறிச்சிடுவாங்களோன்னு பயந்து, துணி வெச்சுக் கட்டியும் போட்டோம். ரெண்டு நாள்."

பதினாலாம் கட்டிலில் ஒரு மாதத்துக்கு மேலாக ஒரு கிழவர் கிடக்கிறார். தினமும் நாலு தடவையாவது, ஐந்து தடவையாவது அவருடைய ஆளைக் கூப்பிடுவார்கள். ஆதிரா கணக்குப் போட ஆரம்பித்து, பாதியில் நிறுத்திக்கொண்டாள்.

கைப்பையிலிருந்து படிவத்தை எடுத்தாள். வேண்டாம் என்ற கட்டத்தைக் குறுக்கே அடித்து, மெஷினில் போடலாம் என்ற கட்டத்தில் குறியிட்டு, கட்டில் விளிம்பில் வைத்தே கையெழுத்துப் போட்டு டாக்டரிடம் நீட்டினாள். அது சரியா தப்பா என்று இப்போதும் அவளுக்குத் தெரியவில்லை. வரிசையில் நிற்கிறவளை அப்படியே விட்டுவிட்டுப் போக முடியாது என்பது மட்டும் தெரிந்தது.

பார்வையாளர் நேரம் முடிந்து மணி அடித்தது. வாசல்வரை போனவள் திரும்பி வந்து ஜினியின் கையைப் பிடித்தாள்.

"மோளே, நான் வெளியேதான் இருப்பேன். எங்கேயும் போகமாட்டேன். பதினாலு ஆளைக் கூப்பிடுறதுக்கு முன்னாடி என்னை உள்ளே விடணும். நான் வந்து பேர் போடணும்."