ரேக்கில் இருந்த லாபம்

கணக்காளர் மாடியிலிருந்து இறங்கி வந்தாலே க்ளெய்ம் பிரிவில் ஒருத்தருக்கும் பிடிக்காது. அன்றைக்கு அந்த மனுஷர் சிரித்துக்கொண்டே இறங்கி வந்தார். அதுதான் எல்லோரையும் இன்னும் பயமுறுத்தியது.

“மேடம், உங்க கைக்குத் தங்கத்துல காப்பு போடணும். நாம இன்ஷ்யூர் பண்ற பைக் ஒரே வருஷத்துல எட்டாயிரத்துலேர்ந்து பத்தொம்பதாயிரம் ஆயிடுச்சு. க்ளெய்ம் மட்டும் அதே இருநூத்திச் சொச்சம். இப்படி ஒரு லாபத்தை நான் இந்தக் கம்பெனியில பாத்ததே இல்லை. இன்னிக்கு வருஷக் கணக்கை முடிக்கிறேன். சேல்ஸ்ல உங்க தம்பியும் மூணு மணிக்குப் புது ஒப்பந்தத்துல கையெழுத்துப் போட்டுடுவார். டெலிவரி கம்பெனியோட நாப்பதாயிரம் பைக்! உங்க க்ளெய்ம் கணக்கை வச்சுத்தான் ரேட்டை மூணுல ஒரு பங்கு குறைச்சோம்.”

சொல்லிவிட்டு மேலே போய்விட்டார்.

க்ளெய்ம் பிரிவின் தலைவிக்கு அந்தக் கட்டிடத்தில் ஒரே பெயர்தான்: முழுசக்கா. விபத்து என்று யார் வந்து நின்றாலும் “முழுசா கொண்டு வாங்க” என்பாள். பாலிசி நகல், லைசென்ஸ், போலீஸ் ரிப்போர்ட், டாக்டர் சீட்டு, மெக்கானிக் பில். ஐந்தும் சேராமல் ஒரு க்ளெய்மைக் கம்ப்யூட்டரில் ஏற்றவே மாட்டாள். அரைகுறையாக வந்தவை சுவரோரத்து இரும்பு ரேக்குக்குப் போகும். இருபத்திரண்டு வருஷமாக இதுதான் சட்டம். அவள் கையெழுத்துப் போட்ட ஒரு க்ளெய்மும் தப்பென்று திரும்பி வந்ததில்லை. அதில் அவளுக்குக் கொஞ்சம் தலைக்கனம்கூட உண்டு. இருந்துவிட்டுப் போகட்டுமே, உழைத்துச் சம்பாதித்த தலைக்கனம்தானே!

கணக்காளர் போன கொஞ்ச நேரத்தில் கவுண்டரில் சத்தம். காலில் மாவுக்கட்டும் கக்கத்தில் கட்டையுமாக ஒரு டெலிவரிக்காரர், நாலாவது தடவையாக.

“மூணு மாசமா அலையறேன் மேடம். இன்னிக்கு விசாரிச்சா என் பேரே கம்ப்யூட்டர்ல இல்லைங்கறாங்க. அப்ப எனக்கு ஆக்சிடென்ட்டே ஆகலையா? இந்தக் கட்டை என்ன வேஷமா?”

“மெக்கானிக் பில் இன்னும் வரலைங்க. வந்தாத்தானே ஏத்த முடியும்?”

“ரோட்டோரமா உக்காந்து ரிப்பேர் பண்றவன் பில்லுக்கு எங்க மேடம் போவான்?”

அவள் வழக்கமான பதிலைச் சொல்லப் போனவள் கம்ப்யூட்டர் பக்கம் திரும்பினாள். பேர் கம்ப்யூட்டரில் இல்லை. கம்ப்யூட்டரில் இல்லாதது கணக்காளருக்குத் தெரியாது. அவருக்குத் தெரியாதது கம்பெனியைப் பொறுத்தவரை நடக்கவே இல்லை.

அந்த ஆளை உட்காரச் சொல்லிவிட்டு ரேக்குக்குப் போனாள். எண்ணினாள். நடுவில் யாரோ டீ வேண்டுமா என்று கேட்க, எண்ணிக்கை தப்பிப்போய்த் திரும்ப முதலிலிருந்து எண்ணினாள். அறுநூற்றுப் பதினொன்று.

போன வருஷம் வரை ரேக்கில் ஐம்பது இருந்தாலே அதிகம். அப்போது வண்டி வைத்திருந்தவர்கள் குடும்பஸ்தர்கள். அவர்கள் ஒவ்வொரு சீட்டையும் அடுக்கி வைத்திருப்பார்கள். இந்த வருஷம் வந்தவர்களோ நாள் முழுக்கத் தெருவில் ஓடுகிற டெலிவரிக்காரர்கள். விழவும் அதிகம் விழுந்தார்கள், காகிதமும் அவர்களிடம் இல்லை. இது அவள் மண்டையில் ஏன் உறைக்கவில்லை? ஃபைலை வாங்கினாள், பார்த்தாள், ரேக்கில் போட்டாள். செக்குமாடு கூட எங்கேயாவது நின்று யோசித்திருக்கும்.

வியாபாரம் வளர்ந்தால் பிரீமியம் முதல் நாளே வந்துவிடும். க்ளெய்ம் பின்னால் நொண்டி நொண்டித்தான் வரும். அப்படி வந்ததையும் அவள் வாசலிலேயே நிறுத்தி வைத்திருக்கிறாள். அதைத்தான் மாடியில் லாபம் என்று கொண்டாடுகிறார்கள். அந்த லாபத்தைப் பார்த்து ரேட்டைக் குறைத்து, குறைந்த ரேட்டுக்கு இன்னும் நாற்பதாயிரம் வண்டியைக் கூப்பிடுகிறார்கள். சொந்தக் காசில் சூனியம் வைத்துக்கொள்வது என்பார்களே, அது இதுதான்.

மணி பன்னிரண்டு. மூன்று மணிக்குக் கையெழுத்து.

அவளுக்கு இருப்புக்கொள்ளவில்லை. லிஃப்டில் ஏறினாள், இரண்டாம் மாடியிலேயே இறங்கிப் படிவழியாகத் திரும்பி வந்தாள். எம்.டி.யிடம் என்ன சொல்வது? இருபத்திரண்டு வருஷப் பெயர் ஒரே மத்தியானத்தில் காற்றில் போகும். அதுகூடப் பரவாயில்லை. தம்பி? அப்பா போன பிறகு அவள் சம்பளத்தில் படித்தவன். அவள் சிபாரிசில் இங்கே சேர்ந்து, அவன் திறமையில் சேல்ஸ் மேனேஜர் ஆனவன். இந்த ஒப்பந்தம் முடிந்தால் ஜெனரல் மேனேஜர். அவன் வாய்க்குப் போகிற சோற்றை அக்காவே தட்டிவிடுவதா? பேசாமல் இருந்தால் யாரும் கேட்கப்போவதில்லை. சட்டப்படிதானே செய்தாள்? தண்ணீர் குடித்தாள். ஐந்து நிமிஷம் கழித்து மறுபடியும் குடித்தாள். டெலிவரிக்காரர் பெஞ்சிலிருந்து அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். சனியன், இவர் வேறு!

ஒன்றரைக்குத் தம்பிக்குப் போன் போட்டாள்.

“என்னக்கா, சாப்டியா?”

“சாப்பாடு கெடக்குது. நீ கையெழுத்துப் போடாதடா.”

“என்ன ஆச்சு?”

“ஏத்தாத ஃபைல் எல்லாத்தையும் இப்பத்தான் எண்ணினேன். ஒண்ணுகூடக் கணக்குல இல்லை. அறுநூத்திப் பதினொண்ணு இருக்குடா!”

“அறுநூத்திப் பதினொண்ணா? ஐநூறைத் தாண்டாதுன்னுல்ல நெனச்சேன்.”

அவள் போனைக் காதிலிருந்து எடுத்துப் பார்த்தாள், வேறு யாருக்காவது போட்டுவிட்டோமோ என்று. தம்பிதான்.

“நீ எப்படா எண்ணின?”

“அது… சாயங்காலம் உன்னைக் கூட்டிட்டுப் போக வர்றப்ப பாப்பேன்ல. அக்கா, நீ ஏன் பதறுற? நீ ரூல்படிதான் செஞ்சிருக்க. நாளைக்குப் புது வருஷக் கணக்கு. அப்புறம் ஒண்ணொண்ணா ஏத்து. நாப்பதாயிரம் வண்டி பிரீமியம் வந்துட்டா இதெல்லாம் கடல்ல கரைச்ச பெருங்காயம்.”

“அந்த நாப்பதாயிரமும் விழுமேடா!”

“விழறப்ப பாத்துக்கலாம்கா. வளர்ந்துட்டே இருந்தா யாரும் திரும்பிப் பாக்க மாட்டாங்க.”

போன மாதம் மேடையில் மைக்கைப் பிடித்து, “எங்கக்கா மாதிரி எல்லாரும் கறாரா இருக்கணும்” என்று சொன்னவன் இவன்தான். எல்லோரும் கைதட்டினார்கள். அவள் பூரித்துப்போய் உட்கார்ந்திருந்தாள். கோபம் வந்தது என்பது மரியாதைக்குச் சொல்கிற வார்த்தை. அவளுக்குத் தன்னைத்தானே அறைந்துகொள்ளலாம் போலிருந்தது. அக்காவின் நேர்மைக்குப் பின்னால் முழுப் பூசணிக்காயையும் மறைத்துவிட்டானே பாவி!

“வச்சிடறேன்” என்றாள்.

இந்தத் தடவை லிஃப்டுக்குக் காத்திருக்கவில்லை. நாலு மாடியும் படியேறினாள். எம்.டி.யின் அறையில் கணக்காளரும் இருந்தார். மூச்சு வாங்க நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னாள். தப்பு தன்னுடையது என்பதை முதலில் சொன்னாள். பேப்பர் வராவிட்டாலும் விபத்து விபத்துதான், உத்தேசமாகவாவது ஒரு தொகை போட்டு ஏற்றியிருக்க வேண்டும் என்றாள். கணக்காளர் கால்குலேட்டரைத் தட்டினார். அழித்துவிட்டு மறுபடி தட்டினார்.

“லாபம் இல்லை சார்” என்றார் ஈனக் குரலில். “நஷ்டம். இருக்கற ரேட்டே கட்டாது. குறைச்ச ரேட்டுக்குப் புது வண்டி எடுத்தா, எவ்வளவுக்கெவ்வளவு வளர்றோமோ அவ்வளவுக்கவ்வளவு முழுகுவோம்.”

எம்.டி. போனை எடுத்துக் கையெழுத்தை நிறுத்தச் சொன்னார். வைத்துவிட்டு அவள் பக்கம் திரும்பினார்.

“நீங்க தெரியாம செஞ்சீங்க. அதை ஒத்துக்கறேன். உங்க தம்பிக்கு இது தெரியுமா?”

தெரியாது என்ற சொல் நாக்கு நுனிவரை வந்துவிட்டது. ஒரே சொல். பழி தன்னோடு போகும், அவன் தப்பித்துவிடுவான். இரண்டு வருஷத்தில் வேறெங்காவது இதைவிடப் பெரிய ஒப்பந்தம் கொண்டுவருவான். அப்போதும் விழுகிறவர்களைப் பற்றி விழும்போது பார்த்துக்கொள்ளலாம் என்பான்.

“தெரியும் சார்” என்றாள். “என்னைவிட முன்னாடியே அவனுக்குத் தெரியும்.”

கீழே வந்து நாற்காலியில் விழுந்தாள். மாவுக்கட்டுக்காரரைக் கூப்பிட்டு எதிரே உட்காரவைத்து, வண்டிக்கு என்ன செலவாச்சு என்று வாய்வார்த்தையாகக் கேட்டு, அதையே உத்தேசத் தொகையாகப் போட்டு ஏற்றினாள். அடுத்த ஃபைலை எடுத்தபோது போன் அடித்தது.

“என்னத்தைச் சொல்லித் தொலைச்ச?”

“கேட்டாங்க. சொன்னேன்.”

“தெரியாதுன்னு சொல்ல வேண்டியதுதானே? ஒரு வார்த்தைக்கா! நான் உன் தம்பிதானே?”

“தம்பிதான்டா” என்றாள். “அதான் வயிறு எரியுது.”

“அம்மாகிட்ட நீயே சொல்லிக்க” என்று போனை வைத்துவிட்டான்.