அக்காவின் பங்கு

மாரி-ரோஸ் சர்க்கரைவள்ளிக்கிழங்கை வீட்டுக்குள் விட்டு நாற்பது வருடம் இருக்கும். சந்தையில் அந்தக் குவியலைத் தாண்டும்போதுகூட முகத்தைத் திருப்பிக்கொள்வாள். மகள் ஏவ்லினுக்கு அது தெரியும், காரணம் தெரியாது. சைகோன் விமான நிலையத்தில் டிக்கெட் கவுண்டரில் வேலை பார்த்த ஏவ்லினுக்கு லீவு கிடைத்தால் இரண்டே வேலை: கொரிய சீரியல் பார்ப்பது, கேக் சுடுவது. காபி கேக், மோச்சா கேக் என்று எல்லாம் சுட்டிருக்கிறாள். கொரியர்கள் செய்யும் சர்க்கரைவள்ளி கேக்கை மட்டும் அம்மாவுக்காக விட்டுவைத்திருந்தாள்.

பாரிசிலிருந்து பெரியம்மா ஜெனேவியேவ் வந்ததும் அந்தக் கட்டுப்பாடு உடைந்தது.

பிரெஞ்சுக்காரர் காலத்திலேயே சைகோனுக்கு வந்த தமிழ்க் குடும்பம் அவர்களுடையது. போரில் அந்த நகரம் கம்யூனிஸ்டுகளிடம் விழுந்த மறுவருடம் புருஷன் எட்மோனுடன் பிரான்சுக்கு விமானம் ஏறியவள் ஜெனேவியேவ். எட்மோன் இறந்த பிறகு இப்போதுதான் முதல் தடவையாகத் திரும்பி வந்து, தங்கை வீட்டில் தங்கியிருந்தாள். ஏதோ ஒரு கஃபேயில் அந்த மஞ்சள் கேக்கைச் சாப்பிட்டுவிட்டு, வீட்டிலேயே செய்துபார்க்கலாம் என்று ஏவ்லினைப் பிடித்துக்கொண்டாள். ஞாயிறு பூசை முடிந்து வரும் வழியில் இருவரும் ஒரு பை நிறையக் கிழங்கு வாங்கிவந்துவிட்டார்கள்.

"நல்ல சர்க்கரைவள்ளி ரோஸ். தேன் மாதிரி இருக்குமாம்," என்றாள் ஜெனேவியேவ்.

மாரி-ரோஸ் பையைப் பார்த்தாள். விருந்தாளி கொண்டுவந்த பொருள். கொத்துமல்லி ஆய உட்கார்ந்தாள்.

ஏவ்லின் காலையிலேயே ஸ்பாஞ்ச் கேக்கைச் சுட்டு, ஆறவைத்து, மூன்று அடுக்காக அறுத்து வைத்திருந்தாள். ஓரங்களில் அறுத்த துண்டுகளைச் சல்லடையில் தேய்த்துத் தூளாக்கினாள். கேக்குக்கு மேல் கடைசியில் தூவுவதற்கு. பிறகு கிழங்கை ஆவியில் வைத்தாள். சூட்டோடு மசித்துப் பாலும் தேனும் சேர்த்து, நார் போக வடிகட்டி, அடித்த க்ரீமில் கலந்தால் நடுவில் வைக்கும் பூரணம் ரெடி.

ஆவி கிளம்பியதும் அந்த வாடை வீடெல்லாம் பரவியது. மாரி-ரோஸ் எழுந்து ஜன்னலைத் திறந்தாள். மின்விசிறியைக் கூட்டிவைத்தாள். வாடை போகவில்லை.

ஜெனேவியேவ் வெந்த கிழங்கு ஒன்றை உரித்து, ஊதி ஊதிக் கடித்தாள்.

"அந்தக் காலத்துல நீங்க இதைத்தானேடி தின்னீங்க? இப்ப என் டாக்டர் இதைத்தான் தின்னுன்றாரு. நீங்க கொடுத்துவச்சவங்க."

அக்காவும் தங்கையும் அதுவரை பிரெஞ்சில்தான் பேசிக்கொண்டிருந்தார்கள். எந்த மனசோடு அவள் இதைத் தமிழில் சொன்னாளோ, தமிழிலேயே பதில் வந்தது.

"யாரு கொடுத்துவச்சவங்க?"

மாரி-ரோஸ் மகளின் முன்னாலிருந்த பாத்திரத்திலிருந்து கொதிக்கும் கிழங்கை வெறுங்கையால் எடுத்தாள். காலைச் சோற்றில் ஒரு பிடியை ஒரு கிண்ணத்தில் போட்டு, மேலே கிழங்கைப் பிசைந்து, அக்காவின் முன்னால் ணங்கென்று வைத்தாள்.

"தின்னு."

"என்னடி இது?"

"கொடுத்துவச்சவங்க தின்னது. காலையில இது. மத்தியானம் இது. ராத்திரியும் இது. உப்புகூடக் கிடையாது. தின்னுக்கா."

ஜெனேவியேவ் கிண்ணத்தைத் தள்ளினாள். "கூப்பிட்டு வச்சு அவமானப்படுத்துறியா?"

"நான் கூப்பிடல. நீயா வந்தே."

ஏவ்லின் மசிக்கும் கரண்டியுடன் நடுவில் நின்றாள். அவளுக்குத் தமிழ் பாதிதான் புரியும். "மா, போதும்மா," என்றாள்.

"நீ கேளுடி. உனக்கும் தெரியட்டும்," என்று மாரி-ரோஸ் மகள் பக்கம் திரும்பினாள். "பெரிம்மா போனப்புறம் ரேஷன்ல வந்த அரிசி கையளவு. மிச்சமெல்லாம் கிழங்கு. தாத்தாவுக்குப் புத்தி தடுமாறிப் போச்சு. பிரெஞ்சு பேங்க்ல கணக்கு எழுதின மனுஷன், மக பிரான்சுக்குப் போனதுகூட மறந்துட்டாரு. ஒவ்வொரு வேளையும் அரிசியைத் தனியாப் பொறுக்கி ஒரு தட்டுல வைப்பாரு. 'ஜெனேவியேவ் பசியோட வருவா'ம்பாரு. நான் தொட்டா அழுவாரு. அவரும் தின்னமாட்டாரு. சாயங்காலத்துல அதுல எறும்பு மொய்ச்சிருக்கும். அதைக் கொட்டிட்டு நான் கிழங்கு தின்னேன். அவரும் கிழங்கு தின்னு செத்தாரு."

ஜெனேவியேவின் முகம் வெளுத்தது. ஆனால் அவளும் இறங்கிவரவில்லை.

"நான் எடுத்துவைக்கச் சொன்னேனா? எனக்கு எப்படித் தெரியும்?"

"ஆறு மாசத்துல ரெண்டு பேரையும் அழைச்சுக்கிறேன்னு சொன்னவ யாரு?"

"எங்க வீடு ஒரே அறைடி! எட்மோன் முடியவே முடியாதுன்னுட்டார். போன முதல் வாரமே சொல்லிட்டார். நான் என்ன செய்ய?"

மாரி-ரோஸின் கை மேசையில் அப்படியே நின்றது.

"முதல் வாரமேவா?"

ஜெனேவியேவ் உரித்த கிழங்குத் தோலை ஓரமாக ஒதுக்கினாள்.

"முதல் வாரமே தெரியும் உனக்கு. அதுக்கப்புறமும் 'பேப்பர் தயாராகுது, பேப்பர் தயாராகுது'ன்னு சொல்லிவிட்டே. நானும் பப்பாகிட்ட, 'அக்கா கூப்பிடப் போறா, பொறுங்க'ன்னேன். அடியே, வரமாட்டேன், கூப்பிடமாட்டேன்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா அந்தத் தட்டை அவர் கையிலேர்ந்து பிடுங்கி அவருக்கே ஊட்டியிருப்பேனே! அவர் அழுதா அழட்டும்னு ஊட்டியிருப்பேன்!"

கத்திய வேகத்தில் அவளுக்கு மூச்சு வாங்கியது. பக்கத்து வீட்டுக்காரி கதவைத் திறந்து எட்டிப் பார்த்துவிட்டு மூடிக்கொண்டாள்.

ஜெனேவியேவ் கிண்ணத்தைத் தன் பக்கம் இழுத்தாள். கையாலேயே அள்ளித் தின்னத் தொடங்கினாள். தண்ணீர்கூடக் கேட்கவில்லை. கடைசிப் பருக்கை வரை தின்றுவிட்டுத் தங்கையைப் பார்த்தாள்.

"போதுமா?"

"போதாது," என்றாள் மாரி-ரோஸ்.

ஜெனேவியேவ் எழுந்து உள்ளே போய்ப் பெட்டியை அடுக்கினாள். கிராப் டாக்சி வரும்வரை வாசல்படியில் நின்றாள். ஏவ்லின்தான் பெட்டியைத் தூக்கிவைத்து, ஹோட்டல் வரைக்கும் கூடப் போனாள். மாரி-ரோஸ் போகாதே என்று சொல்லவில்லை. சொல்ல வேண்டும் என்று ஒரு கணம்கூடத் தோன்றவில்லை.

வீட்டில் மீதிக் கிழங்கு ஆறிக்கொண்டிருந்தது. குப்பையில் கொட்டத்தான் பாத்திரத்தைத் தூக்கினாள். என்ன நினைத்தாளோ, மேசையில் வைத்து மசிக்கத் தொடங்கினாள். கையில் இருந்த ஆத்திரமெல்லாம் கரண்டிக்குப் போயிற்று. ஒரு கட்டிகூட மிஞ்சவில்லை. பாலை ஊற்றினாள், தேனை ஊற்றினாள். மகள் அடித்துவைத்திருந்த க்ரீமைக் கலந்து, அடுக்கு அடுக்காகப் பூசி, மேலே தூளைக் கொட்டினாள். ஒரு பக்கம் சரிந்த கேக்காக அது வந்தது.

ஏவ்லின் திரும்பி வந்தபோது அம்மா ஒரு பெரிய துண்டை வெட்டிச் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள்.

"பெரிம்மா அழுதாங்கம்மா," என்றாள்.

"அழட்டும். உக்காரு. உனக்கும் வெட்டுறேன்."