இருபத்து மூன்றாவது சட்டை

எஸ்தரின் போனுக்கு அந்தப் படம் வந்தபோது காலை ஒன்பதரை மணி. அனுப்பியவர் அவள் புருஷன் ராமராஜன், காலேஜ் வேன் ஓட்டுகிறவர். ஏனாத்தூரில் பிள்ளைகளை இறக்கிவிட்டு, வேனில் சாய்ந்து நின்றபடி, பல்லெல்லாம் தெரியத் தன்னைத்தானே படம் பிடித்திருந்தார். கூடவே குரலிலும் நாலு வார்த்தை. “பீரோவுல அடியில வெச்சா எனக்குத் தெரியாதா? பொறந்த நாளைக்குன்னு சொல்லாமக்கொள்ளாம தெச்சு வெச்சுக்கினு இருந்தியா? சூப்பரா இருக்குது எஸ்தரு.”

அவர் போட்டிருந்தது கத்தரிப்பூ கலர் சட்டை.

எஸ்தர் தையல் மெஷினின் மேல் கையை ஊன்றிக்கொண்டு அந்தப் படத்தை மறுபடி பார்த்தாள். வேறு ஏதாவது கலராக இருந்துவிடாதா என்று பெரிதாக்கிக்கூடப் பார்த்தாள். அவள் வெட்டி, அவள் தைத்து, அவள் காஜா போட்ட சட்டை. அவளுக்கா அடையாளம் தெரியாது?

கால் மணி நேரம் முன்புதான் பக்கத்து ஜெராக்ஸ் கடை இளவரசி மூச்சு வாங்க ஓடி வந்து சொல்லிவிட்டுப் போயிருந்தாள். “அக்கா, ரயில்வே கேட்டாண்ட முனிரத்தினத்தோட தம்பிய வெட்டிட்டாங்களாம். வெட்டினது ஆறு பேராம். எல்லாம் கலியன் ஆளுங்க, நீங்க தெச்ச கத்தரிப்பூ சட்டை. இப்ப முனிரத்தினம் ஆளுங்க பைக்ல சுத்திக்கினு இருக்கிறாங்க. அந்தக் கலர்ல யாரைப் பார்த்தாலும் விடுறதில்லையாம். பஸ் ஸ்டாண்டுல ஒருத்தரு, பாவம், மாத்திரை வாங்க வந்தவரு. அவரு கையில வெட்டு விழுந்துடுச்சு. கடைய சாத்துக்கா, நான் கெளம்புறேன்.”

இந்தக் கலர் கூத்து எப்படி ஆரம்பித்தது என்று எஸ்தரைக் கேட்டால் தெரியும். ஆரம்பித்து வைத்ததே அவள்தான் என்று சொன்னாலும் தப்பில்லை. ஆறு வருஷத்துக்கு முன்னால் கலியனும் அவன் கூட்டாளிகளும் வெறும் கேரம் போர்டு பசங்கள். வைகாசி கருட சேவைக் கூட்டத்தில் ஒருத்தரை ஒருத்தர் தொலைத்துவிடாமல் இருக்க, மணிக்கட்டில் கட்டிக்கொள்ள ஒரே மாதிரி கைக்குட்டை வேண்டும் என்று வந்து நின்றார்கள். ரவிக்கைக்கு வைத்திருந்த லைனிங் துணியில் ஓரம் அடித்துக் கொடுத்தாள். அடுத்த வருஷம் கைக்குட்டை போதவில்லை, பனியன் வந்தது, முதுகில் கலியன் பெயர். அதற்கடுத்த வருஷம் அவன் பிறந்த நாளுக்குத் தெருமுனையில் பேனர், கேக்கை வெட்டக் கத்தி. அந்தக் கத்தி கேக் வெட்டுகிற அளவில் இல்லை. அப்போதே அவள் யோசித்திருக்க வேண்டும்.

கலியனுக்கு ஆகாத ஏரிக்கரை முனிரத்தினத்தின் ஆட்கள் சும்மா இருப்பார்களா? அவர்கள் உச்சி முதல் கால் வரை வெள்ளைக்கு மாறினார்கள். வெள்ளைச் சட்டை, வெள்ளை பேண்ட், வெள்ளைச் செருப்பு. அதற்குப் பிறகு ஊரில் மனுஷன் முகத்தைப் பார்ப்பது போய்ச் சட்டையைப் பார்ப்பது வந்தது. வெள்ளைச் சட்டையில் துக்கம் விசாரிக்க வந்த ரிட்டயர்டு வாத்தியாரை எஸ்தரின் கடை வாசலிலேயே கலியன் பசங்கள் மடக்கி, “யாரு அனுப்பிச்சது பெரிசு?” என்று கேட்டார்கள். அவர் அழாத குறையாகத் திரும்பிப் போனார். பட்டு நூலுக்கு நூறு நிறத்தின் பெயர் சொல்கிற ஊரில், சட்டை எடுக்கப் போனால் இது யாருடைய நிறம் என்று பயந்து பயந்து எடுக்க வேண்டியதாகிவிட்டது.

இந்த வருஷம் கலியன் வந்து, “அக்கா, பனியன் எல்லாம் சின்னப் பசங்க போடுறது. ஷர்ட்டு வேணும். இன்னா கலர் எடுக்கலாம்?” என்று கேட்டான். கறுப்பு, சிவப்பு என்று கூட இருந்தவர்கள் ஆளுக்கொன்று சொன்னார்கள். எஸ்தர்தான், “கத்தரிப்பூ எடுங்கப்பா. ஊர்ல ஒருத்தனும் போட மாட்டான். தூரத்துல இருந்தே தெரியும்” என்றாள். சொல்லும்போது பெருமையாகத்தான் இருந்தது. தூரத்திலிருந்து தெரிவது யாருக்கெல்லாம் வசதி என்று அன்றைக்கு அவள் நினைத்துப் பார்க்கவில்லை.

மொத்தம் இருபத்திரண்டு பேர். ஒவ்வொருத்தனும் வந்து நின்று அளவு கொடுத்தான். கடைசியாகக் கலியன் விரலை நீட்டிச் சொன்னான்: “இந்தக் கலர்ல வேற யாருக்கும் தெக்கக் கூடாது அக்கா.” அவளும் சரி என்றாள்.

சொன்ன சொல்லைக் காப்பாற்றியிருக்கலாம். ஆனால் இருபத்திரண்டு சட்டைத் துணியை அடுக்கடுக்காக விரித்து, சட்டைக்குள் சட்டையாகப் பொருத்தி வெட்டுகிற கைக்காரி அவள். அப்படி வெட்டினால் துணி மிஞ்சும். மிஞ்சுவது தைக்கிறவருக்கு. இது எந்தப் பேப்பரிலும் எழுதாத வழக்கம். எந்தத் தையற்கடையிலும் யாரும் கேட்பதில்லை. முழுசாக ஒரு சட்டைக்குப் போதுமான துணியைத் தூக்கிப் போட அவளுக்கு மனசு வரவில்லை. புருஷன் அளவுக்கு நோட்டுப் புத்தகமா வேண்டும்? ஒரே ராத்திரியில் தைத்து, பீரோவில் புடவைகளுக்கு அடியில் வைத்தாள். ஒரு வருஷம் போனால் பசங்கள் வேறு கலருக்குத் தாவிவிடுவார்கள், அப்புறம் எடுத்துக் கொடுக்கலாம் என்று கணக்குப் போட்டிருந்தாள். அந்த மனுஷனுக்கு இன்றைக்குப் பிறந்த நாள். விடியற்காலையிலேயே அவசர ரவிக்கை ஒன்று இருந்ததால் வாழ்த்துக்கூடச் சொல்லாமல் கடைக்கு வந்துவிட்டாள். அவரோ பீரோவைக் குடைந்திருக்கிறார்.

போன் போட்டாள். மணி அடித்துக்கொண்டே இருந்தது. மறுபடி போட்டாள். போனை வேன் சீட்டில் போட்டுவிட்டு டீக்கடைக்குப் போவது அவர் பழக்கம். எத்தனை தடவை திட்டியிருக்கிறாள்! “சட்டைய கழட்டுங்க, மொதல்ல கழட்டுங்க” என்று குரல் அனுப்பினாள். அதை அவர் கேட்டதாகப் போனில் காட்டவில்லை.

மாற்றுச் சட்டை ஒன்றை எடுத்துக்கொண்டு ஓட வேண்டியதுதான். தைத்து மாட்டியிருந்த சட்டைகளில் கை வைத்தவள் அப்படியே நின்றாள். வெள்ளை ஆகாது. கறுப்பு யாருடையதோ. மஞ்சள், கலியன் பசங்களின் அந்தப் பழைய கைக்குட்டைக் கலர். ஒரு சட்டையை எடுக்க இவ்வளவு பயமா என்று அழுகை முட்டியது. கடைசியில் சிமெண்ட் கலரில் ஒன்றை உருவிப் பையில் திணித்து, ஸ்கூட்டியை எடுத்தாள்.

பாதி வழியில் பின்னாலிருந்து இரண்டு பைக்குகள் வந்தன. நாலு பேர், நாலும் வெள்ளை. அவளை ஒட்டி வந்தபோது பின்னால் உட்கார்ந்திருந்தவன் திரும்பி அவளைத் தலையிலிருந்து கால் வரை பார்த்தான். எஸ்தர் சட்டென்று குனிந்து தான் என்ன கலர் புடவை கட்டியிருக்கிறோம் என்று பார்த்துக்கொண்டாள். பச்சை. பைக்குகள் முன்னால் போய்விட்டன. போன திசையும் ஏனாத்தூர்தான். “ஏசப்பா, அவரு வேனுக்குள்ள இருக்கணும், வேனுக்குள்ள இருக்கணும்” என்று முணுமுணுத்துக்கொண்டே முறுக்கினாள். 

அவர் வேனுக்குள் இல்லை. டீக்கடை வாசலில், அவரைச் சுற்றி வெள்ளைச் சட்டைகள். கூட இருந்த டிரைவர்கள் ஒதுங்கிக்கொண்டார்கள். ஒருவன் அவர் காலரைக் கொத்தாகப் பிடித்திருந்தான். இன்னொருவனின் வலது கை அவன் முதுகுப் பக்கம் சட்டைக்குள் இருந்தது. அந்தக் கை எதைப் பிடித்திருக்கிறது என்று எஸ்தருக்குத் தெரியும்.

ஸ்கூட்டியை நிறுத்தக்கூட இல்லை. அப்படியே கீழே போட்டுவிட்டு ஓடினாள். “யப்பா, விடுங்கப்பா! அவரு ஒண்ணும் இல்லப்பா! வேன் டிரைவருப்பா!”

“அதான் சட்டை சொல்லுதே,” என்றான் காலரைப் பிடித்தவன். முகத்தில் கோபம்கூட இல்லை. ராத்திரி முழுக்கத் தூங்காதவன் மாதிரி கண் சிவந்திருந்தது. எஸ்தருக்கு அதுதான் இன்னும் பயமாக இருந்தது.

“சட்டைய நான்தாம்பா தெச்சேன். கலியன் துணி குடுத்தான், இருபத்திரண்டு சட்டை. மிச்சத் துணி இருந்துது. அதுல இவருக்குத் தெச்சேன். சத்தியமா அவ்வளவுதாம்பா. இவருக்கு ஒண்ணும் தெரியாது. இன்னிக்குப் பொறந்த நாளுப்பா இவருக்கு!”

ராமராஜன் குனிந்து தன் சட்டையைப் பார்த்தார். பிறந்த நாளைக்கென்று தைத்த சட்டை இல்லை இது என்பது அவருக்கு அப்போதுதான் புரிந்திருக்கும். அந்த நேரத்திலும் அது எஸ்தரைக் குத்தியது.

காலரைப் பிடித்தவன் அவளை உற்றுப் பார்த்தான். “நீதான் தெச்சியா? அப்ப இருபத்திரண்டு பேரையும் உனக்குத் தெரியும்.”

எஸ்தர் புருஷனின் கையைப் பிடித்து இழுத்தாள். அவன் காலரை விடவில்லை.

“கலியனையும் கூட இருந்தவனுங்களையும் போலீஸ் தேடிக்கினு இருக்குது. அவனுங்க இப்ப எங்க கைக்குச் சிக்க மாட்டானுங்க. மீதிப் பேரு இருக்கானுங்க இல்ல. ஒரு பேரு சொல்லு. ஒண்ணே ஒண்ணு. எங்க இருப்பான்னு சொல்லு. உன் புருஷன இட்டுக்கினு போயிக்கினே இரு.”

“எனக்குத் தெரியாதுப்பா.”

முதுகுப் பக்கம் இருந்த கை வெளியே வந்தது. வெயிலில் கத்தி பளிச்சென்றது. ராமராஜனின் கழுத்துக்குக் கீழே, அவள் அழுத்தித் தைத்த காலர் ஓரத்தில் அது போய் நின்றது.

“பாலாஜி,” என்றாள் எஸ்தர்.

யோசித்துச் சொல்லவில்லை. அளவு நோட்டில் முதல் பெயர் அது. நாக்கில் முதலில் வந்ததும் அதுதான். ஒல்லிப் பையன், மார்பு முப்பத்துநாலு. தோள் தொங்குகிறது என்று இரண்டு தடவை பிரித்துத் தைத்தாள். கூட்டத்தில் கடைசி வரிசையில் நிற்கிறவன். ஒருத்தரையும் கை நீட்டி அடித்ததாக அவள் கேள்விப்பட்டதில்லை. இதெல்லாம் பெயரைச் சொன்ன பிறகுதான் அவளுக்கு ஞாபகம் வந்தது.

“எங்க இருப்பான்?”

“பஸ் ஸ்டாண்டு பின்னாடி. பார்சல் ஆபீசுல மூட்டை ஏத்துறான்.”

அவன் காலரை விட்டான். அங்கேயே நின்று போனை எடுத்து, “பார்சல் ஆபீசு, பஸ் ஸ்டாண்டு பின்னாடி. பாலாஜின்னு கேளு” என்று மட்டும் சொன்னான். பைக்குகள் கிளம்பின.

ராமராஜன் நின்ற இடத்திலேயே உட்கார்ந்துவிட்டார். பட்டன்களைக் கழற்ற விரல் வளையவில்லை; தலை வழியாக இழுத்துச் சட்டையை உருவினார். எஸ்தர் பையிலிருந்ததை நீட்டினாள். அவர் வாங்கிக்கொள்ளாமல் பனியனோடு அவளைப் பார்த்தார். “யாரு எஸ்தரு அந்தப் புள்ள?” என்றார். அவள் போனை எடுத்தாள். டீக்கடைக்காரர் ஏற்கெனவே போலீசுக்குப் பேசிக்கொண்டிருந்தார். பஸ் ஸ்டாண்டு, பார்சல் ஆபீசு என்று அவர் சொல்வது அரைகுறையாகக் காதில் விழுந்தது.

அளவு கொடுத்தவர்களின் நம்பரெல்லாம் அவளிடம் உண்டு. பாலாஜி முதல் தடவை எடுக்கவில்லை. இரண்டாம் தடவை எடுத்தான்.

“சொல்லுக்கா.”

“பாலாஜி, எங்கப்பா இருக்கிற? சட்டை… அந்தச் சட்டையா போட்டிருக்கிற?”

“ஆமாக்கா. இன்னிக்கு எல்லாரும் போடணும்னு கலியன் அண்ணன் சொன்னாரு.”

“கழட்டிட்டு ஓடுப்பா. எங்கியாவது ஓடு. உன்னத் தேடிக்கினு வர்றாங்க.”

அவன் லேசாகச் சிரித்தான். “அதெப்பிடிக்கா கழட்டுறது? இத்தினி நாளு மூட்டைன்னுதான் கூப்புடுவானுங்க. இந்த ஷர்ட்டு போட்டப்புறம்தான் பேரு சொல்லிக் கூப்புடுறாங்க. இதக் கழட்டிட்டா நான் யாருக்கா?”

“ஐயோ, கேளுப்பா. உன் பேர நான்தாம்ப்பா சொல்லிட்டேன். அவரு கழுத்துல கத்திய வெச்சுட்டாங்க. ஒரு பேரு கேட்டாங்க, உன் பேரு வந்துடுச்சு. என்ன மன்னிச்சுடுப்பா. ஓடிடுப்பா.”

அந்தப் பக்கம் மூட்டை விழுகிற சத்தமும் யாரோ லாரியைப் பின்னால் எடுக்கச் சொல்லிக் கத்துவதும் கேட்டது. கோபப்படப் போகிறான், திட்டப் போகிறான் என்று எஸ்தர் காத்திருந்தாள். திட்டினால் நன்றாக இருக்கும் என்றுகூட நினைத்தாள்.

“மொதல்ல என் பேரையா சொன்னீங்க?” என்றான் பாலாஜி.

“ஆமாம்ப்பா.”

“அண்ணன் ஆளுங்க இருபத்திரண்டு பேருல, என் பேரா?” அவன் குரலில் பயம் துளிகூட இல்லை. நல்ல சேதி கேட்டவன் மாதிரி இருந்தது. “அப்ப முனிரத்தினம் ஆளுங்களுக்கு என் பேரு தெரியும்.”

“பாலாஜி, உன் கால்ல விழுறேன், ஓடுடா!” என்று எஸ்தர் அலறினாள். டீக்கடையில் இருந்தவர்கள் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள்.

போனில் பைக் வந்து நிற்கும் சத்தம் கேட்டது. லாரிக்காரனின் கத்தல் நின்றுபோனது. புதிதாக ஒரு குரல், வெகு சாதாரணமாக, “இங்க பாலாஜி யாருப்பா?” என்று விசாரித்தது.

“நான்தான்,” என்றான் பாலாஜி.