பதினொரு சிரிப்பழகிகள்

1

இந்தக் கதை என் மனைவியின் அலுவலகத்திலிருந்து திருடியது. முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் அவளே சொல்லி மானத்தை வாங்குவாள்.

மெத்தை விற்கும் நிறுவனத்தில் அவளுக்கு வேலை. திங்கள்தோறும் போட்டி நிறுவனத்தின் இணையப் பக்கத்தைத் தலை முதல் கால் வரை ஒரே ஸ்கிரீன்ஷாட்டாக எடுத்து, நீளமாக அச்சடித்து, மேலாளர் அறைச் சுவரில் ஒட்ட வேண்டும். மேலாளர் அந்தப் பக்கத்தைத் தானாகத் திறக்க மாட்டார். "போட்டிக்காரன் கடைக்குள்ள நாம எதுக்கும்மா கால் வைக்கணும்?" என்பார்.

2

தொடக்க வரிக்கு நிறையத் திண்டாடினேன். 'மழை பெய்துகொண்டிருந்த ஒரு திங்கட்கிழமை' (மழைக்கு இங்கே வேலை இல்லை). 'மேலாளர் தனிமையானவர், ஏனென்றால்' (எனக்கே தெரியாது). சிரிப்பழகியிடமிருந்து தொடங்கியிருக்கலாம்.

சிரிப்பழகி என்பது அந்தப் பக்கத்தின் ஓரத்தில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு "உதவட்டுமா?" என்று சிரிக்கும் பெண்ணின் படம். எவ்வளவு கீழே உருட்டினாலும் திரையின் அதே மூலையில் நிற்பாள்.

[குறிப்பு: ஸ்கிரீன்ஷாட் மென்பொருள் நீளமான பக்கத்தைத் திரை அளவுத் துண்டுகளாகப் படமெடுத்து ஒட்டுகிறது. துண்டுக்கு ஒரு சிரிப்பழகி விழுந்துவிடுவாள். ஒரு திங்களன்று எடுத்த பக்கம் பதினொரு துண்டு.]

மேலாளர் சுவரைப் பார்த்து விரல்விட்டு எண்ணினார். "பதினோரு பேரு. ஒரே சட்டை, ஒரே சிரிப்பு. பயிற்சின்னா இதும்மா பயிற்சி."

(இவ்வளவு மக்காக ஒரு மேலாளர் இருக்க முடியுமா என்று கேட்பீர்கள். நீங்கள் எங்கே வேலை பார்க்கிறீர்கள்?)

3

மனைவி உண்மையைச் சொல்ல வாயைத் திறந்தாள். அதற்குள் அவர், "நாமளும் பதினோரு பேரை எடுத்துடணும். உங்க வீட்டுல யாராவது சும்மா இருந்தா சொல்லுங்க" என்றார்.

வீட்டில் சும்மா இருந்தது நான். (எழுதிக்கொண்டிருந்தேன் என்பேன். வீட்டில் அதற்கு அந்தப் பெயர் இல்லை.) திறந்த வாயை வீணாக்காமல், "என் வீட்டுக்காரர் இருக்காரு சார்" என்று முடித்தாள்.

இப்படித்தான் நானும் ஒரு சிரிப்பழகி ஆனேன். பதினொரு பேரும் ஒரே அறையில் ஹெட்போனோடு உட்கார்ந்திருக்கிறோம். நேற்று வந்த ஒரே கேள்வி, "மெத்தையில நாய் படுக்கலாமா?" என்பதுதான். பதில் சொல்ல அடிபிடி. பக்கத்து இருக்கை அக்கா ஜெயித்தார்.

அக்காவைக் கேலி செய்யத்தான் கதைக்குள் கொண்டுவந்தேன். கணவர் போனபின் கிடைத்த முதல் வேலை இது என்றும், முதல் சம்பளத்தில் மகளுக்கு மூக்குக்கண்ணாடி வாங்கினேன் என்றும் சொன்னார். அதற்குப் பிறகு கேலி வரவில்லை.

4

போன வாரம் போட்டி நிறுவனம் தன் பக்கத்தைச் சுருக்கிவிட்டது. புதிய படத்தில் சிரிப்பழகிகள் நான்கே பேர்.

"ஏழு பேரை வீட்டுக்கு அனுப்பிட்டான் பாருங்க. பொழைக்கத் தெரிஞ்சவன்" என்றார் மேலாளர். "அடுத்த வாரமும் நாலுதான்னா நாமளும் அனுப்பிடலாம்."

முடிவு அ: மனைவி உண்மையைச் சொல்கிறாள். மேலாளர் சுவரைப் பார்க்கிறார், பிறகு அவளைப் பார்க்கிறார், பிறகு பதினொரு பேரோடு அவளும் (அடித்துவிட்டேன். வாடகையை யார் கொடுப்பது?)

முடிவு ஆ: பிரவுசர் ஜன்னலைக் குட்டையாக்கி எடுத்தால் துண்டுகள் கூடும், சிரிப்பழகிகளும் கூடுவார்கள். இதைக் கண்டுபிடித்தது அவள்தான்.

"இன்னும் குறைச்சா இருபதுகூட வரும்" என்றாள்.

"அப்போ உன் தங்கச்சிக்கும் வேலை."

அவள் சிரிக்கவில்லை. "அது பொய்ப் படங்க."

"இதுவரைக்கும் எடுத்தது?"

"அது தானா விழுந்தது. இது நான் விழ வைக்கிறது."

நல்ல வசனம். நான் எழுதியதில்லை என்பதுதான் வயிற்றெரிச்சல்.

5

இன்று திங்கள். அவள் ஜன்னலின் ஓரத்தை மவுஸால் பிடித்தபடி உட்கார்ந்திருக்கிறாள். நான் பின்னால் நிற்கிறேன்.

"கதை எழுதுறவருதானே, எத்தனை பேருன்னு நீங்களே சொல்லுங்க" என்கிறாள்.

போன கதையில் ஒரு பேருந்து நிறைய ஆட்களை ஒரே வரியில் கொன்றவன் நான். இங்கே ஒரு எண் எழுத வரவில்லை. பயமாக இருக்கிறது.

நீங்களே எழுதிக்கொள்ளுங்கள்: சுவரில் ............ பேர்.

பதினொன்றுக்குக் குறைவாக எழுதுவதானால், அக்காவிடம் நீங்களே வந்து சொல்லிவிடுங்கள். நான் சொல்ல மாட்டேன்.