ஓய்வுபெற்ற எழுதுவினைஞர்

முப்பத்தோராம் நாள். விடியவே கீரிமலையில் அந்தியேட்டிக் கிரியையை முடித்துக்கொண்டு வந்து, புத்தூர் வீட்டில் சனம் பந்தியில் இருந்தது. செத்துப்போன பஞ்சலிங்கத்தின் படம் போட்டு அச்சடித்த, கல்வெட்டு என்கிற நினைவுப் புத்தகத்தை ஆளுக்கொன்றாய்க் கொடுத்துக்கொண்டு நின்றாள் மகள் பராசக்தி. இந்த ஒரு மாதத்தில் அவள் ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. சனம் அதையும் இதையும் கதைத்தது. கதைக்கட்டும். உள்ளுக்குள் ஒன்றும் வரவில்லை; வராததை எந்தக் கடையில் போய் வாங்குகிறது?

அந்த மனிசன் லேசுப்பட்ட ஆளில்லை. கொழும்பில் பதினொரு சிங்களப் படம் எடுத்தவர். அவரிடம் கிளாப் பலகை பிடித்துத் தொழில் பழகினவர்கள்தான் பிறகு இந்த நாட்டுப் படங்களில் பாதியை எடுத்தார்கள். எண்பத்து மூன்று இனக்கலவரத்தில் ஸ்டூடியோவை எரித்தார்கள். உடுத்த உடுப்போடு ஊருக்கு வந்து சேர்ந்தார். பிறகு கூட்டுறவுச் சங்கத்தில் பத்து வருஷம் எழுதுவினைஞர், அதாவது கிளாக்கர் வேலை.

ஊருக்கு அந்தப் பதினொரு படமும் ஒரு சதத்துக்கும் பிரயோசனமில்லை. "சினிமாக்காரன்ரை பெட்டையோ?" என்று பராசக்திக்கு மூன்று சம்பந்தம் குழம்பினது. நான்காவது வரவேயில்லை. தன்னுடைய அறுபத்திரண்டு வயது வரைக்கும் அவரோடேயே இருந்து, அவருக்குச் சமைத்து, கடைசியில் கழுவித் துடைத்ததும் அவள்தான். அவரில் கோபம் இருந்தது. அதுவும் எப்போதோ ஆறிப்போனது.

படுக்கையில் கிடந்தபடி அவர் கேட்டது ஒன்றே ஒன்று. "நான் செத்தாக் கொழும்புக்கு அறிவி பிள்ளை. என்ரை ஆக்கள் வருவினம். அவையள் வரமுன்னம் என்னை எடுக்காதை." ரோட்டில் ஒரு வான் சத்தம் கேட்டால் போதும், "வந்திட்டினமோ?" என்பார்.

அவள் அறிவிக்காமல் விடவில்லை. ரேடியோவிலும் இணையத்திலும் மரண அறிவித்தல் போனது. அதை எழுதிக்கொண்டிருந்த தம்பி மயூரதன் கனடாவிலிருந்து போன் எடுத்து, "அப்பாவை என்னெண்டு போட அக்கா?" என்று கேட்டான்.

"ஓய்வுபெற்ற எழுதுவினைஞர் எண்டு போடு," என்றாள்.

யோசிக்கக்கூட இல்லை. எங்கடை ஊரில் செத்தவனுக்கும் ஒரு உத்தியோகம் வேணும், அது மேசை கதிரை உத்தியோகமாய் இருக்கவேணும். கல்வெட்டிலும் அதையே அடித்தார்கள். உடலை மூன்று நாள் வைத்திருந்தது மயூரதன் வந்து சேருவதற்காக. கொழும்பிலிருந்து ஒரு காகமும் எட்டிப் பார்க்கவில்லை.

இன்றைக்கு வாசல் படலையில் ஒரு வான் வந்து நின்றது.

தடியூன்றியபடி ஒரு சிங்களக் கிழவர் இறங்கினார். பெயர் விமலசேன என்றார், மாஸ்டருக்கு முதன்முதல் கிளாப் அடித்தது தான்தான் என்றார். கையில் அந்தப் பலகை. மாஸ்டரிடம் பழகின தமிழ் உடைந்து உடைந்து வந்தது.

"அறிவித்தல் பார்த்தது, தங்கச்சி. முகம் எங்கடை மாஸ்டர். படத்திலை மாஸ்டருக்கு வேறை பேர். கீழே கிளாக்கர் எண்டு இருந்தது. வேறை ஆள் எண்டு விட்டது. பிறகு நித்திரை வரேல்லை." பலகையைக் காட்டினார். "எங்கடை ஸ்டூடியோவிலை ஆள் செத்தா, தூக்க முன்னம் தலைமாட்டிலை இதை அடிக்கிறது. மாஸ்டர்தான் பழக்கினது. தெரிஞ்சிருந்தா அண்டைக்கே எல்லாரும் வந்திருப்பம். ஆரும் பிழையாப் போட்டதோ?"

ஓம் என்றிருக்கலாம். அறிவித்தல் போட்டவர்களின் தலையில் பழியைப் போட்டால் கதை முடிந்தது.

"இல்லை ஐயா," என்றாள் பராசக்தி. "நான்தான் போடச் சொன்னது. வெக்கத்திலை."

கிழவர் தடியை ஊன்றிக்கொண்டு உள்ளே நடந்தார். மாலை போட்டிருந்த படத்துக்கு முன்னால் போய் நின்று பலகையை அடித்தார். பந்தியில் இருந்த சனம் திரும்பிப் பார்த்தது. இப்போதாவது அழுகை வருமோ என்று பராசக்தி பார்த்துக்கொண்டு நின்றாள். வரவில்லை. ஒரு வாழையிலையைக் கழுவிப் போட்டு, கிழவரை இருத்திச் சோறு போட்டாள்.

பிறகு படத்தடிக்குப் போனாள். படுக்கையில் கிடந்த ஆளுக்குச் சொல்லுமாப்போலக் கொஞ்சம் குனிந்து சொன்னாள்.

"வந்திட்டினம், அப்பா."