ஐந்தாவது டக்

டெய்லரம்மாவின் வீட்டுக்காரர் இருபத்திரண்டு வருஷமாக பஸ் ஓட்டுகிறவர். டிப்போவில் அவருக்கு வைத்திருந்த பட்டப்பெயர் அளவுகோல். நிறுத்தத்தில் போட்ட வெள்ளைக் கோட்டுக்கு அரை அடி முன்னாலும் நிற்க மாட்டார், அரை அடி தாண்டியும் போக மாட்டார். வீட்டிலும் அதே கதைதான். காபிக்குச் சர்க்கரை ஒன்றரைக் கரண்டி, பல் தேய்க்க மூன்று நிமிஷம், காரின் கைபிரேக்குக்கு ஐந்து டக். லீவரை மேலே இழுக்கும்போது பல் பல்லாக டக் டக் என்று சத்தம் வருமே, அதில் எண்ணி ஐந்து. நான்கோடு விடுகிறவன் சோம்பேறி, ஆறுக்குப் போகிறவன் முரடன். "அஞ்சுக்கு மேல இழுத்தா கேபிள் கழுத்தை நெரிக்கிறேன்னு அர்த்தம்" என்று, அவளுக்குக் கார் ஓட்டச் சொல்லிக்கொடுத்த காலத்தில் நூறு தடவையாவது சொல்லியிருப்பார். கியரில் போட்டு நிறுத்துவதும் அவருக்குப் பிடிக்காது. அது இன்ஜினுக்குச் செய்கிற துரோகமாம்.

இப்பேர்ப்பட்ட மனுஷனின் கார்தான் இரண்டு மாதத்துக்கு முன்னால் ஒரு சாயங்காலம் தெருச் சரிவில் தானாகப் பின்னால் உருண்டுபோய், நான்கு வீடு தள்ளியிருந்த பல் டாக்டர் வீட்டு கேட்டில் மோதியது. கடைசிப் பையை எடுத்துக்கொண்டு, டிக்கியை ஓங்கிச் சாத்திவிட்டு அவர் வீட்டுக்குள் வந்து பையைக் கீழே வைப்பதற்குள் சத்தம். ஓடிப்போய்க் கதவைத் திறந்து, லீவர் எங்கே நின்றது என்றுகூடப் பார்க்காமல் வெடுக்கென்று மேலே இழுத்தார். கெட்டியாகப் பிடித்தது. அதுதான் அவரைக் கவிழ்த்துவிட்டது. "பிடிக்குதே! அப்ப நான் போடவே இல்ல" என்றார், வெளுத்த முகத்தோடு. அந்த கேட்டுக்கு முன்னால் பத்து நிமிஷத்துக்கு முன்புவரை தெருக் குழந்தைகள் சாக்பீஸால் படம் வரைந்துகொண்டிருந்தார்கள்.

பல் டாக்டர் நல்ல மனுஷர். "கேட்தானே சார், தட்டி நிமித்திக்கலாம். பல்லா இருந்தாதான் கஷ்டம்" என்று சிரித்தார். இவருக்குச் சிரிப்பு வரவில்லை. மறுநாளே லீவு எழுதிக் கொடுத்தார். அதற்குப் பிறகு ஸ்டியரிங்கைத் தொடவில்லை. சட்டைப் பையில் ஒரு சின்ன நோட்டு வந்து உட்கார்ந்துகொண்டது. கேஸ் மூடினேன் 9.10. வாசல் பூட்டினேன் 9.15. மறுபடி பார்த்தேன் 9.40. அறுபத்தோரு நிறுத்தத்தின் பெயரையும் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் வரிசையாகச் சொல்கிற மனுஷன், தனக்கு மூளை கழன்றுவிட்டது என்று தானே தீர்ப்பு எழுதிக்கொண்டார்.

லீவு ஞாயிற்றுக்கிழமையோடு முடிகிறது. திங்கட்கிழமை காலை டிப்போவில் கொடுப்பதற்கு ஒரு கடிதம் தயாராகி டிவி ரிமோட்டுக்கு அடியில் இருந்தது. தன்னை பஸ்ஸிலிருந்து எடுத்துவிட்டு உதிரி பாகங்கள் வைக்கிற அறையில் போட வேண்டும் என்று கேட்டிருந்தார். 'எனக்கு மறதி வந்துவிட்டபடியால்' என்று அது ஆரம்பித்தது. அவர் குளிக்கும்போது டெய்லரம்மா அதைப் படித்தாள். அந்த அறையில் அவர் ஒரு வருஷம் தாங்க மாட்டார் என்று அவளுக்குத் தெரியும்.

சனிக்கிழமை மத்தியானம் அவள் தைத்து முடித்த நாற்பது சீருடைகளைக் காரில் ஏற்றிக்கொண்டு பள்ளிக்கூடத்துக்குப் போனாள். இரண்டு மாதத்தில் வண்டி அன்றுதான் வாசலைத் தாண்டியது. பள்ளிக்கூட வாசலும் சரிவு. அவர் சொல்லிக்கொடுத்தபடியே எண்ணி ஐந்து டக் இழுத்து, பிரேக்கிலிருந்து காலை எடுத்தாள். கார் மெல்லப் பின்னால் நகர்ந்தது. அவள் பதறிப்போய் மறுபடி இழுத்தாள். ஆறு, ஏழு, எட்டு. ஒன்பதில்தான் நின்றது.

அவள் இறங்கவில்லை. ஸ்டியரிங்கைப் பிடித்தபடி அப்படியே உட்கார்ந்திருந்தாள். அன்றைக்கு அவர் ஓடிவந்து வெடுக்கென்று இழுத்தது ஒன்பதோ பத்தோ. யார் எண்ணினார்கள்? அதற்கு முன்னால் அவர் போட்டிருந்தது, போடாமல் விட்டிருக்கவே முடியாதது, ஐந்து. மனுஷன் மறக்கவில்லை. ஐந்துதான் அவரைக் கைவிட்டுவிட்டது.

வீட்டுக்கு வந்ததும் மெக்கானிக்குக்கு போன் போட்டாள். அவன் பின்னால் யாரோ இரும்பை அடிக்கிற சத்தத்துக்கு மேல் கத்தினான். "செவ்வாய்க்கிழமை கொண்டு வாங்கக்கா!"

"அதுவரைக்கும் தாங்காதுப்பா. நானே பார்க்கிறேன். எதை இறுக்கணும்?"

"லீவருக்குக் கீழ ஒரு நட்டு இருக்கும், அதை மட்டும் முதல்ல தொட்டுடாதீங்க. எல்லாரும் கைக்கு எட்டுதேன்னு அதைத்தான் திருகுவாங்க. முதல்ல சக்கரத்துக்குள்ள பிரேக் ஷூவைச் சரி பண்ணணும். கேபிள் கடைசி."

டெய்லரம்மாவுக்கு இது உடனே பிடிபட்டது. தோளில் தொங்கும் சட்டையை இடுப்பில் பிடித்துத் தைத்து ஒப்பேற்றும் ஆட்களை அவளுக்கு ஆகவே ஆகாது. தப்பு எங்கேயோ அங்கேதான் பிரிக்க வேண்டும்.

ஞாயிறு காலை அவர் முடிவெட்டப் போனார். ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில் இரண்டு மணி நேரமாவது ஆகும். அவர் தலை மறைந்ததும் இவள் ஆரம்பித்தாள். வாசல் சிமெண்டுத் தரை நல்ல சமதளம். முன் சக்கரங்களுக்கு இரண்டு பக்கமும் செங்கல் கொடுத்து, கைபிரேக்கை முழுக்க இறக்கிவிட்டாள். ஜாக்கியில் பின்பக்கத்தைத் தூக்கி, மெக்கானிக் கொடுத்தனுப்பிய இரும்பு ஸ்டாண்டை அடியில் வைத்து, ஆட்டிப் பார்த்தாள். அசையவில்லை. சக்கரத்தைக் கழற்றி, உள்ளே ஷூவை மூடியிருந்த இரும்பு டிரம்மைச் சுற்றிச் சுற்றிச் சுத்தியலால் தட்டினாள். முதலில் முறுக்கிக்கொண்டது, பிறகு புது மாப்பிள்ளை மாதிரி மெதுவாக வழிக்கு வந்தது. உள்ளே கறுப்புத் தூள். ஊதக்கூடாது என்று மெக்கானிக் சொல்லியிருந்தான். மூக்கை மூடிக்கொண்டு ஈரத்துணியால் துடைத்தாள்.

துடைத்ததும் அவள் கை நின்றுபோனது.

ஷூ என்கிற அந்த இரண்டு வளைந்த பட்டைகளும் தேய்ந்திருந்தன. அது மட்டுமென்றால் பரவாயில்லை. மேல்பரப்பு பளபளவென்று மின்னியது, ஓரம் கருகியிருந்தது. இஸ்திரிப் பெட்டி அதிக நேரம் நின்றுவிட்ட துணியில் வருகிற மினுமினுப்பு. அதை அவள் முப்பது வருஷமாகப் பார்க்கிறவள். இது தேய்மானம் இல்லை, சூடு.

சூடு எப்போது ஏறியது என்பதும் அவளுக்குத் தெரியும்.

கேட்டில் மோதுவதற்கு மூன்று வாரம் முன்னால் ஒருநாள், அவர் டூட்டியில் இருந்தபோது, துணி மொத்தக் கடைக்கு அவள் காரை எடுத்துப் போனாள். போகும்போதே வண்டி முக்கியது. அதற்கு இன்றைக்குச் சோம்பல் என்று நினைத்து மிதித்தாள். திரும்பும் வழியில் கருகிய வாடை. உடனே அவள் மனசு வீட்டுக்குப் பறந்தது. இஸ்திரிப் பெட்டி! ஆஃப் பண்ணாமல் வந்துவிட்டோமோ? அவ்வளவுதான், இன்னும் வேகமாக மிதித்தாள். வாடை கூடக் கூட வேகமும் கூடியது. கார் கருகும் வாடைக்கு வீட்டு இஸ்திரிப் பெட்டியைச் சந்தேகப்பட ஒரு தையல்காரியால்தான் முடியும். வீட்டுக்கு ஓடிப்போய்ப் பார்த்தால் பெட்டி சில்லென்று இருந்தது. திரும்பி வந்து காருக்குள் பார்த்தபோது கைபிரேக் லீவர் முழுக்க இறங்காமல் மூன்று பல் மேலே நின்றது. அதை இறக்கிவிட்டு, வண்டிக்குள் கொஞ்சம் சென்ட் அடித்துவிட்டு, வாயை மூடிக்கொண்டாள்.

கார் உருண்ட அன்று அந்த நினைவு ஒருமுறை தலையை நீட்டத்தான் செய்தது. "நான் போடவே இல்ல" என்று அவரே சொன்னதும், நமக்கென்ன என்று உள்ளே தள்ளிவிட்டாள். நல்ல பெண்பிள்ளைதான், என்ன செய்ய, பயம் என்று ஒன்று இருக்கிறதே.

கண்ணைத் துடைத்துக்கொண்டு வேலையைப் பார்த்தாள். அழுதால் நட்டு இறுகாது. ஷூவின் மேல் உப்புத்தாளால் தேய்த்து மினுமினுப்பை எடுத்தாள். இன்னும் கொஞ்சம் காலம் ஓடும் அளவுக்குக் கனம் இருந்தது. இரண்டு ஷூவுக்கும் நடுவே, அவற்றை அகட்டிக் கொடுக்கிற சின்னப் பல்சக்கரம் துருவேறி இறுகியிருந்தது. ஷூவில் படாமல் ஊசிமுனையால் எண்ணெய் விட்டு அதை விடுவித்தாள். ஒரு பல் திருப்புவது, டிரம்மை மாட்டிச் சுற்றிப் பார்ப்பது, மறுபடி கழற்றி ஒரு பல். டிரம் சுற்றும்போது உள்ளே லேசாக ஸ்ஸ் என்று உரசல் கேட்டது. அங்கே நிறுத்தினாள்.

"என்ன இது, வாசல்ல ஒர்க் ஷாப் போட்டிருக்கே?"

அவர்தான். பாதி நேரத்திலேயே முடிவெட்டிக்கொண்டு வந்து நின்றார்.

"கைபிரேக்கைப் பார்க்கிறேங்க. நேத்து அஞ்சுல நிக்கல. ஒன்பதுல நின்னுச்சு. அன்னைக்கு நீங்க மறக்கலைங்க. அஞ்சு போட்டிருக்கீங்க, அது பிடிக்கல."

அவர் முகத்தில் ஒரு வெளிச்சம் வந்தது. வந்த வேகத்தில் போயும் விட்டது. "எனக்காகச் சொல்றே. அதுக்கு மூணு மாசம் முன்னாடி நானே கழட்டி அளவு வச்சேன். நம்ம வீட்டு ஓட்டத்துக்கு மூணு மாசத்துல தேய பிரேக் என்ன பென்சிலா? இப்ப ரெண்டு மாசம் சும்மா நின்னு கெட்டிருக்கும். அன்னைக்கு நான்தான் மறந்தேன்."

சொல்லிவிட்டு, பையிலிருந்து நோட்டை எடுத்து, முடிவெட்டினேன் 10.50 என்று எழுத ஆரம்பித்தார்.

அவருடைய கணக்கு சரி. அளவுகோலிடம் அரைகுறைச் சாட்சி செல்லாது. மீதிச் சாட்சி இவள் வாயில் இருந்தது.

"என்னங்க, ஒண்ணு சொல்றேன். கத்தாதீங்க."

"அப்படி ஆரம்பிச்சாலே கத்துற விஷயம்தான். சொல்லு."

சொன்னாள். துணிக்கடை, கருகல் வாடை, இஸ்திரிப் பெட்டி, சென்ட் எல்லாவற்றையும் சொன்னாள். அவர் குனிந்து கருகிய ஓரத்தை நகத்தால் சுரண்டிப் பார்த்தார்.

"கைபிரேக் சிவப்பு லைட்டு எரிஞ்சிருக்குமே?"

"அது மேல அளவுச் சீட்டு ஒட்டி வச்சிருந்தேன்."

"யாரோட அளவு?"

"பல் டாக்டர் வீட்டம்மாவோடது."

வேறு நாளாக இருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பார். இப்போது நகத்தில் ஒட்டிய கறுப்பையே பார்த்தார். "ரெண்டு மாசமா அடுப்புக் குமிழைத் தடவிப் பார்த்துட்டுத் தூங்கப் போறேன். நீ பார்த்துக்கிட்டுத்தானே இருந்தே?"

"ஆமாங்க. பயந்துட்டேன். தப்பு என்னோடதுதான்."

அவர் எழுந்து உள்ளே போனார். அவள் அடுத்த பக்கச் சக்கரத்தின் நட்டுகளைத் தளர்த்த உட்கார்ந்தாள். இன்றைக்கு அவர் பேசமாட்டார், நாளைக்கும் பேசமாட்டார், ஆனால் கடிதத்தைக் கொடுக்க மாட்டார் அல்லவா? அது போதும் என்று நினைத்தாள்.

பழைய பனியனோடு அவர் திரும்பி வந்தார். "தள்ளு. அந்தப் பக்கம் நான் பார்க்கிறேன்."

அதற்குப் பிறகு வேலை ஓடியது. ஸ்பேனர் கேட்க அவர் நீட்டிய கையில் கோபம் குறைந்துகொண்டே வந்தது. கடைசியில் லீவருக்குக் கீழே கேபிள் நட்டை அவர் திருகி லீவரைப் பல் பல்லாக இழுக்க, இவள் பின்சக்கரத்தைச் சுற்றிப் பார்த்தாள்.

"மூணு."

"சுத்துதுங்க."

"நாலு."

"கஷ்டப்பட்டுச் சுத்துது."

"அஞ்சு."

அவள் இரண்டு கையாலும் முக்கிப் பார்த்தாள். "நகரலைங்க!"

லீவரை இறக்கியதும் சக்கரம் தாராளமாகச் சுற்றியது. கடிதத்தை அவள் மறந்தே போனாள்.

காரைக் கீழே இறக்கி, அவர் சட்டையை மாட்டிக்கொண்டதும், அதே சரிவுக்கு, அதே இடத்துக்குக் கொண்டுபோனார்கள். இரண்டு மாதத்துக்குப் பிறகு ஸ்டியரிங்கில் அவர். சாக்பீஸ் குழந்தைகளை ஹாரன் அடித்து மேல்பக்கம் போகச் சொன்னார். பல் டாக்டர் கேட்டில் காபியோடு நின்றிருந்தார். "சார், இப்பதான் பெயிண்ட் அடிச்சேன்!"

"தெரியும் டாக்டர். அதனாலதான் உருண்டாலும் நடைபாதையில முட்டி நிக்கிற மாதிரி சக்கரத்தைத் திருப்பி வச்சிருக்கேன்."

லீவரைப் பிடித்தார். டக். டக். டக். டக். ஐந்தாவது டக்கில் கையை எடுத்தார். பிறகு காலை எடுத்தார். ஜன்னலுக்கு வெளியே தெரிந்த விளக்குக் கம்பத்தையே பார்த்தார். கம்பம் இருந்த இடத்தில் இருந்தது. இறங்கிப் பின்னால் போய் டிக்கியைத் திறந்து, அன்றைக்குச் சாத்தியது போல ஓங்கிச் சாத்தினார். கார் குலுங்கியது, நகரவில்லை. இன்னொரு தடவை சாத்தினார். மூன்றாவது தடவை சாத்தும்போது சிரித்துக்கொண்டிருந்தார், கண் கலங்கியிருந்தது. டெய்லரம்மா தாராளமாகவே அழுதாள்.

உள்ளே வந்து உட்கார்ந்து, யாரும் கேட்காமலே முதல் கியரிலும் போட்டார். "இதுவும் இருக்கட்டும்" என்றார், பல்லைக் கடித்துக்கொண்டு.

"அந்த லெட்டர்?" என்றாள் அவள்.

"எந்த லெட்டர்? ஓ, அதுவா. கிரீஸ் துடைக்க ஒண்ணும் கிடைக்கல, அதுதான் கையில அகப்பட்டுச்சு."

தையல்காரி வீட்டில் கை துடைக்கத் துணி கிடைக்கவில்லையாம்!

அவர் சட்டைப் பையிலிருந்து நோட்டையும் பேனாவையும் எடுத்தார். வழக்கம்போல எழுதப் போகிறார் என்று நினைத்தாள். அவள் மடியில் போட்டார்.

"இந்தா, இனிமே இது உனக்குத்தான் தேவை. கைபிரேக்கை இறக்கினியான்னு எழுதி வை."

"குத்திக்காட்டுறீங்களா?"

"ஆயுசு பூராவும்" என்றார். "வா, ஒரு ரவுண்டு போயிட்டு வரலாம். நாளைக்கு ஆறரை மணிக்கு முதல் வண்டி எனக்கு. கை பழகணும்."

இன்ஜின் உறுமியது. அவர் பொத்தானை அழுத்தி லீவரை அடிவரை இறக்கினார். சிவப்பு விளக்கு அணைந்தது. டெய்லரம்மா நோட்டைப் பிரித்தாள். பக்கம் பக்கமாக அவருடைய கையெழுத்து, நேரம் போட்டு, திரும்பத் திரும்ப. கடைசி வரிக்குக் கீழே, கார் மேட்டில் ஏறுகிற குலுக்கலில், கோணல்மாணலாக எழுதினாள்.

1.25. கைபிரேக் இறக்கினார். நான் பார்த்தேன்.